கரடி மேல் கை வைக்காத மாப்பிள்ளை

ட்ரை கூலி, மொன்டானா
ஆகஸ்ட் 21, 1950

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் நல்லபடியாக வீடு வந்து சேர்ந்தோம். வழியில் லாரியின் ரேடியேட்டர் இரண்டு முறை கொதித்தது. ராய்ஸ் அதற்கு மேல் கொதித்தார். இங்கே வந்து பார்த்தால் கோழிகளில் ஒன்றைக் காணோம். மற்றபடி சுகம்.

உன் மியூசியத்தைப் பற்றித்தான் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிகிறேன். பழைய சிறைக்கூடத்தைக் குத்தகைக்கு எடுத்து, ஷெரீப்பாக இருந்த புருஷன் பாடம் செய்த மிருகங்களையும், அவர் பிடித்த திருடர்களின் சாமான்களையும் ஒரே கூரையின் கீழ் வைத்துச் சீட்டுக் கொடுப்பவள் இந்த மாநிலத்திலேயே நீ ஒருத்திதான். ஓநாயின் மார்பில் டெபுடி ஷெரீப்பின் நட்சத்திர வில்லையைக் குத்தியது யார், அத்தானா நீயா? குதிரைத் திருடனின் பூட்ஸுக்குள்ளிருந்து ஆந்தைக் குஞ்சு எட்டிப் பார்ப்பதை நினைத்து வழியெல்லாம் சிரித்தேன். அத்தான் இருந்திருந்தால் வாசலிலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்து, வருகிறவர்களிடமெல்லாம் கதை அளந்திருப்பார்.

கூண்டு விஷயத்தில் நீ முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டது எனக்குத் தெரியாமல் இல்லை. புது மாப்பிள்ளையைச் சிறைக் கூண்டுக்குள் தள்ளிப் பூட்டித் திறந்துவிட்டு, "உங்க வீட்டுப் பொண்ணை கண் கலங்க விடமாட்டேன்" என்று வராந்தாவில் நிற்கும் பாடம் செய்த கரடியின் தலையில் அவர் கை வைத்துச் சொன்ன பிறகுதான் சோறு போடுவது நம் குடும்ப வழக்கம். அத்தானே அதற்குத் தப்பவில்லை. ராய்ஸ் கொஞ்சம் குறும்புக்காரர். தான் உள்ளே போவதற்குப் பதிலாக என்னைத் தள்ளிப் பூட்டிவிட்டார். அவ்வளவுதானே? எல்லோரும் சிரித்தார்கள். நீ மட்டும் சிரிக்கவில்லை.

கல்யாணமாகி நாலு மாதம்தான் ஆகிறது, அக்கா. ஒருவரை ஒருவர் புரிந்துகொள்ள நாள் ஆகும்.

அன்புடன்,
லவான்

அண்ணி, உங்கள் கூண்டுக் கதவின் கீல் ரொம்பச் சத்தம் போடுகிறது. ஒருநாள் வந்து எண்ணெய் விட்டுத் தருகிறேன். — ராய்ஸ்

*

சால்ட் ஃபோர்க்
ஆகஸ்ட் 30, 1950

என் அன்பு லவான்,

இந்தக் கடிதத்தை உன் வீட்டுத் தபால் பெட்டிக்கு அனுப்பாமல் டோலெஃப்சன் அம்மாளின் கடைக்கு அனுப்புகிறேன். உன் கடிதத்தின் அடியில் உன் புருஷன் எழுதியிருந்ததைப் பார்த்ததும் அப்படிச் செய்யத் தோன்றியது. வெண்ணெய் விற்க நீ கடைக்குப் போகும்போது அந்த அம்மாள் உன் கையில் கொடுப்பாள்.

நான் மட்டும் சிரிக்கவில்லை என்று எழுதியிருந்தாய். ஏன் என்று சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதே.

ஹால்வர் ஷெரீப்பாக இருந்த வரைக்கும் அந்தக் கூண்டில் கிடந்தவர்களுக்குச் சாப்பாடு போட்டவள் நான். முதல் தடவை உள்ளே வருகிறவன் கம்பியைப் பிடித்து ஆட்டுவான், கத்துவான், என் பாட்டியிலிருந்து பரம்பரையையே திட்டுவான். பழகியவன் அப்படிச் செய்ய மாட்டான். நேரே தூர மூலைக்குப் போய், சுவரில் முதுகைச் சாய்த்து, கதவைப் பார்த்தபடி உட்காருவான்.

நீ கம்பியை ஆட்டவில்லை, லவான். "ஐயோ திறங்க" என்று விளையாட்டுக்குக்கூடச் சொல்லவில்லை. நேரே அந்த மூலைக்குப் போய் உட்கார்ந்தாய். அவன் சாவியைப் பையில் போட்டுக்கொண்டு துப்பாக்கிகளைப் பார்க்கப் போனான். காபி குடித்தான், கேக் தின்றான், இன்னொரு துண்டு கேட்டான். அதுவரைக்கும் நீ இமைகூட அசைக்கவில்லை.

ஒன்றே ஒன்று கேட்கிறேன். வீட்டில் உன்னை எங்கே பூட்டி வைக்கிறான்?

உன் அக்கா,
ஆர்டிஸ்

*

ட்ரை கூலி
செப்டம்பர் 14, 1950

அக்கா,

செத்த மிருகங்களோடும் கைவிலங்குகளோடும் ஒண்டியாக இருந்து இருந்து உனக்குப் பார்க்கிறதெல்லாம் குற்றமாகத் தெரிகிறது. என் முதல் கல்யாணம்தான் ஆறு மாதத்தில் சுரங்க விபத்தோடு போயிற்று. இதையாவது வாழவிடு. இனிமேல் கடைக்கு எழுதாதே. டோலெஃப்சன் அம்மாள் என்னைப் பார்க்கும் பார்வையே சரியில்லை.

அவர் குடிப்பதில்லை. கை நீட்டுவதும் இல்லை. கோபம் வந்தால் தனக்கே தன்னைப் பிடிக்காது என்கிறார். அந்த நேரத்தில் நான் கண் முன்னால் இருக்கக் கூடாதாம். அதற்காகத்தான் கிழங்கு அறை. மண்ணுக்கடியில் இருப்பதால் கோடையில் குளுகுளுவென்றுதான் இருக்கும். கோபம் தணிந்ததும் அவரே வந்து திறந்துவிடுவார், மன்னிப்பும் கேட்பார். எல்லார் வீட்டிலும் ஏதோ ஒன்று இருக்கத்தான் செய்கிறது.

நேற்று அந்தக் கதவுக்கு வெளிப்பக்கம் புதுப் பூட்டு மாட்டியிருக்கிறார். எலி வருகிறதாம். எலிக்குப் பூட்டு எதற்கு என்று கேட்க வாய் வரவில்லை.

இந்தக் கடைசிப் பத்தியைக் கிழித்துவிட்டுத்தான் அனுப்ப நினைத்தேன். கிழிக்கவில்லை.

லவான்

*

சால்ட் ஃபோர்க்
செப்டம்பர் 25, 1950

லவான் கண்ணு,

நீ வேண்டாம் என்றாலும் இதையும் கடைக்குத்தான் அனுப்புகிறேன். நீ கிழிக்காமல் விட்ட பத்தியைப் படித்ததிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

இப்போதைய ஷெரீப் மெர்லிடம் போனேன். ஹால்வரின் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, ஹால்வரின் மேஜை மேலேயே காலைத் தூக்கிப் போட்டிருந்தான். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "அடிச்சானா?" என்றான். "இல்லை" என்றேன். "அப்புறம் என்ன? புருஷன் பொண்டாட்டி விஷயம் ஆர்டிஸ். நான் உள்ள நுழைஞ்சா நாளைக்கு ரெண்டு பேரும் சேர்ந்துக்கிட்டு என்னையத்தான் திட்டுவாங்க. ராய்ஸ் நல்ல பையன், போன சீசன்ல என்னோட மான் வேட்டைக்கு வந்தான்" என்றான். மாடு திருடியவனைப் பிடிக்க மூன்று மாவட்டம் துரத்துகிற சட்டம், உன் விஷயத்தில் வாசற்படி தாண்டாதாம். அவன் காலை மேஜையிலிருந்து தள்ளிவிட்டு வந்தேன்.

போனில் பேசவும் வழியில்லை. கடைக்குப் போட்டால் அந்த ஒரே லைனைப் பகிர்ந்துகொள்ளும் எட்டு வீட்டுக்காரர்களும் ஒட்டுக் கேட்பார்கள். அதில் ஒன்று ராய்ஸின் அண்ணன் வீடு.

பனி விழுந்தால் உன் பண்ணைக்குப் போகும் பாதை வசந்தம் வரைக்கும் திறக்காது. அதற்கு முன்பே வெண்ணெய் விற்கும் சாக்கில் கடைக்கு வந்து பஸ் ஏறிவிடு. மேல் மாடியில் உன் கட்டில் இருக்கிறது. காலையில் எழுந்ததும் அந்த இரட்டைத் தலைக் கன்றுக்குட்டி முகத்தில் விழிக்க வேண்டும், அது ஒன்றுதான் கஷ்டம்.

ஆர்டிஸ்

*

ட்ரை கூலி
அக்டோபர் 5, 1950

அக்கா,

அவசரமாக எழுதுகிறேன். உன் கடிதங்கள் இரண்டையும் மாவு டப்பாவிலிருந்து எடுத்துவிட்டார். கத்தவில்லை. கத்தியிருந்தால்கூட எனக்கு இவ்வளவு பயம் இருந்திருக்காது. இரண்டையும் உரக்கப் படித்தார், உன் குரல் மாதிரியே. பிறகு மடித்து என் கையிலேயே கொடுத்துவிட்டு, "உங்க அக்கா நல்லாத்தான் எழுதறா" என்றார்.

அன்றிலிருந்து கிழங்கு அறைக்குள் சாமான் இறக்கிக்கொண்டிருக்கிறார். கம்பளி, விளக்கு, ஒரு வாளி. "குளிர்காலத்துக்கு" என்கிறார். மேலே அடுப்பு இருக்க, கீழே யாருக்குக் குளிர்காலம் என்று சொல்லவில்லை. இப்போதெல்லாம் கடைக்கு அவரே போகிறார்.

பால் வண்டிக்காரர் வாசலில் நிற்கிறார். அவர் கையில் கொடுத்துவிடுகிறேன். எனக்குப் பயமாக இருக்கிறது, அக்கா. பயமாக இருக்கிறது.

லவான்

*

சால்ட் ஃபோர்க்
அக்டோபர் 8, 1950, ஞாயிறு

லவான்,

இதை நீ படிக்கிறாய் என்றால் டோலெஃப்சன் அம்மாள் பூட்டை உடைத்துவிட்டாள். இதைக் கொண்டுவரும் பஸ் டிரைவர் எல்மரிடம் அவளுக்கு வாய்வார்த்தையாகவும் சொல்லி அனுப்பியிருக்கிறேன். உட்காராதே, நின்றபடியே படி.

உன் புருஷன் என் கூண்டுக்குள் இருக்கிறான்.

மதியம் சாப்பிட்டுக் கை கழுவிக்கொண்டிருந்தேன். எண்ணெய்க் குப்பியோடு வந்து நின்றான். "என்ன அண்ணி, சொன்ன சொல்லு மாறாம வந்துட்டேன் பாத்தீங்களா?" என்றான்.

"ஞாயித்துக்கிழமை மூடியிருக்கும் மாப்ளே" என்றேன்.

"எனக்குமா?" என்று சிரித்தபடி உள்ளே வந்து கதவைச் சாத்தினான்.

"லவான் எங்கே?"

"பத்திரமா இருக்கா. கிழங்கோட கிழங்கா." ஆணியில் தொங்கிய கூண்டுச் சாவியை எடுத்துத் தன் பையில் போட்டுக்கொண்டான். அன்றைக்குப் போட்டுக்கொண்ட மாதிரியேதான். "இனிமே தபால் தலைக்கு வீணா செலவு பண்ணாதீங்க அண்ணி. பனி விழப்போவுது. அவளும் நானும் மட்டும்தான். ஏப்ரல்ல வந்து அவளைப் பாருங்க. இருந்தா."

நான் பின்னால் நகர்ந்து, வராந்தா முனையில் நிற்கும் கரடியைப் பிடித்துக்கொண்டேன். அவன் விசில் அடித்துக்கொண்டே கீலுக்கு எண்ணெய் விட்டான். வெளிப்பக்கம் முடிந்ததும் உட்பக்கத்துக்குப் போனான். சாவி தன்னிடம் இருக்கிற தைரியம்.

லவான், மியூசியத்துக்கு வருகிற எல்லோரும் அந்தச் சாவியைத்தான் பார்க்கிறார்கள். சிறையில் வேலை பார்த்தவர்களுக்குத்தான் தெரியும், முரட்டுக் கைதிகள் பக்கத்தில் போகாமலே கதவை அடைக்க வராந்தா முனையில் ஒரு இரும்புக் கைப்பிடி உண்டு. அதை இழுத்தால் கதவு தானே வந்து சாத்திக்கொள்ளும், மேலே ஒரு பட்டை விழும். அதற்குச் சாவித் துவாரமே கிடையாது, கைப்பிடியைத் திரும்பத் தள்ளினால்தான் திறக்கும். பார்க்க அசிங்கமாக இருக்கிறது என்று அதை மறைக்கத்தான் ஹால்வர் கரடியை அங்கே நிறுத்தினார்.

நான் இழுத்தேன். அவ்வளவு எண்ணெய் விட்டிருந்தானே, சத்தமே இல்லாமல் மூடியது.

முதலில் சிரித்தான். பிறகு சாவியைப் போட்டுப் பார்த்தான். பிறகு கம்பியை ஆட்டி ஆட்டிச் சுண்ணாம்பை உதிர்த்தான். ஓய்ந்த பிறகு, "திறங்க அண்ணி. விளையாட்டு போதும்" என்றான். கடைசியில் கம்பிகளுக்கு நடுவில் முகத்தை வைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னான்: "என்னைக்காவது ஒருநாள் நீதானே திறந்தாகணும்?"

உண்மைதான். நாளைக் காலை பள்ளிக்கூடப் பிள்ளைகள் மியூசியம் பார்க்க வருகிறார்கள். அதற்குள் திறந்தாக வேண்டும். இது இப்போது சிறையும் இல்லை, ஒரு மனிதனைப் பூட்டி வைக்க எனக்கு அதிகாரமும் கிடையாது. உனக்கு இந்த ஒரு ராத்திரிதான்.

எல்மர் மாநில எல்லை வரைக்கும் போகிறார். சீட்டு வேண்டாம் என்றார். உண்டியலில் இருந்ததையெல்லாம் உறைக்குள் வைத்திருக்கிறேன். இங்கே வராதே. அவன் முதலில் தேடுகிற இடம் இதுதான். எனக்கும் எங்கே என்று சொல்லாதே. நான் பொய் சொன்னால் முகத்தில் எழுதி ஒட்டினாற்போலத் தெரியும் என்று உனக்கே தெரியும்.

என்னைப் பற்றிக் கவலைப்படாதே என்று எழுத வந்தது. எழுதினால் நம்ப மாட்டாய். எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது. நீ போ.

ஆர்டிஸ்

*

நவம்பர் 19, 1950

என் உயிர் அக்கா,

ஊர் பெயர் எழுதவில்லை. உறையில் இருக்கிற முத்திரையையும் நம்பாதே. லாரியில் தூரம் போகிற ஒருவரிடம் கொடுத்து, போகிற வழியில் ஏதாவது ஒரு ஊரில் போடச் சொல்லியிருக்கிறேன்.

டோலெஃப்சன் அம்மாள் கோடாரியோடு வந்தாள். வெளியே வந்ததும் வெளிச்சத்தில் கண் கூசியது. என்ன எடுப்பது என்று தெரியாமல் வெண்ணெய்ப் பானையைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தேன். அந்த அம்மாள் அதைப் பிடுங்கி வைத்துவிட்டுத் தன் கோட்டைக் கழற்றி எனக்குப் போட்டுவிட்டாள். பஸ்ஸில் ஒவ்வொரு முறை பின்னால் விளக்கு தெரிந்தபோதும் சீட்டுக்குக் கீழே குனிந்தேன். எல்மர் திரும்பிப் பார்க்காமலே ஓட்டினார்.

இப்போது ஒரு துணி வெளுக்கும் இடத்தில் வேலை. வேறு பெயர். தங்கியிருக்கும் அறைக்குத் தாழ்ப்பாள் உட்பக்கம் இருக்கிறது. முதல் வாரம் முழுக்க எழுந்து எழுந்து அதைப் போட்டுப் போட்டுத் திறந்து பார்த்தேன். அவன் என்னைத் தேடுவான் என்று தெரியும். இப்போதுதான் அவனை 'அவன்' என்று எழுத வருகிறது.

அந்தத் திங்கட்கிழமை காலையில் நீ அந்தக் கைப்பிடியை எப்படித் தள்ளினாய்? பக்கத்தில் யாராவது இருந்தார்களா? கதவு திறந்ததும் அவன் என்ன செய்தான்? துணி பிழியும்போதெல்லாம் இதையேதான் கேட்டுக்கொண்டிருக்கிறேன். நீ பதில் எழுத எனக்கு முகவரி இல்லை. நீ சொன்னபடிதான் செய்கிறேன், அக்கா. சொன்னபடி செய்வது இவ்வளவு கஷ்டம் என்று நீ சொல்லவில்லை. இதற்குப் பிறகு நானும் எழுத மாட்டேன்.

இங்கே நூலகத்துக்கு நம் மாநிலத்துப் பேப்பர் வருகிறது, சில நாள் தாமதமாக. வேலைக்குப் போகுமுன் நின்றபடியே மரண அறிவிப்புப் பக்கத்தை மட்டும் விரித்து, விரலை வைத்து மேலிருந்து கீழே வரைக்கும் பார்க்கிறேன். இந்த வாரமும் உன் பெயர் இல்லை. இனி எனக்கு உன் கடிதம் அதுதான்.

உன்
லவான்