வெட்ட முடியாத ஆறு நிமிடங்கள்

என் கடைக்குட்டிக்கு,

முகுந்தன் என்று முழுப்பெயரை நான் சொன்னால் அக்கா கோபமாக இருக்கிறாள் என்று நினைப்பாய். கோபம் ஒன்றுமில்லை. அதனால் தம்பி என்றே எழுதுகிறேன்.

உன் படத்தை எடுத்துக்கொண்டார்கள், தம்பி. நடு லண்டனில், சிவப்புக் கதிரை போட்ட தியேட்டரில், திரைப்பட விழாவில் காட்டப்போகிறார்கள். உன்னோடு நின்று படத்தைத் தயாரித்த எங்கள் தமிழ்ப் பிள்ளை ரூத்தான் போன் பண்ணிச் சொன்னாள். நான் சாமிக்கு விளக்கு வைத்துக்கொண்டிருந்தேன். நீ போய்ப் பத்து மாதம். இதை யாருக்கு முதலில் சொல்லலாம் என்று யோசித்தேன். உனக்குத்தான் என்று தோன்றிய பிறகுதான் அழுகை வந்தது.

மறுநாள் ரூத் ஒரு தாளோடு வீட்டுக்கு வந்தாள். படத்தில் முகம் தெரிகிற ஒவ்வொருவரும் சம்மதம் என்று கையெழுத்து வைத்தால்தான் அதைத் திரையில் போடலாமாம். நீ எல்லோரிடமும் வாங்கியிருக்கிறாய். பஸ் தரிப்பில் கொட்டாவி விட்டுக்கொண்டு நின்ற வெள்ளைக்காரக் கிழவரிடம்கூட. படம் முழுக்க வருகிற என்னிடம் மட்டும் வாங்கவில்லை. ஏன் தம்பி? அக்காதானே, பிறகு வாங்கலாம் என்று விட்டாயா? இல்லை, கேட்டால் மாட்டேன் என்பேனென்று பயந்தாயா?

அந்தத் தாள் நாலு நாள் சாப்பாட்டு மேசையில் கிடந்தது. அந்த நாலு நாளைப் பற்றித்தான் உனக்குச் சொல்லவேண்டும். ரூத், படம் பார்க்க வருபவர்களுக்குத் தியேட்டரில் கொடுக்கிற அச்சுத் தாளுக்கு உன்னைப் பற்றி நாலு வரி கேட்டாள். நாலு வரிக்குள் நான் அடங்கவில்லை.

உன்னை அறியாதவர்களும் இதை வாசிப்பார்கள் என்பதால் ஆரம்பத்திலிருந்தே சொல்கிறேன். நீ எட்டு வயதில் ஊரிலிருந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு லண்டனில் எங்கள் ரெய்னர்ஸ் லேன் வீட்டுக்கு வந்தாய். எனக்கு அப்போது கல்யாணமாகி இரண்டு வருடம். நாலு வருடத்தில் அம்மாவும் போய்விட்டா. பிறகு உன்னை வளர்த்தது நான் என்று எல்லோரும் சொல்வார்கள். என் வீட்டுக்காரரை, உன் அத்தானையும் சொல்லவேண்டும். உன்னைப் பள்ளிக்கூடத்துக்கு ஏற்றி இறக்கியதும், வாத்தியார்மாருக்கு முன்னால் போய் உட்கார்ந்ததும் அவர்தான். அதை மறைத்தால் எனக்குப் பாவம்.

கணக்கியல் படிக்கப் போனவன் இரண்டாம் வருடத்தில் விட்டுவிட்டு வந்து, "படம் எடுக்கப்போறன்" என்றாய். அத்தான் ஆறு மாதம் உன்னோடு கதைக்கவில்லை. பகலில் பெட்ரோல் ஸ்டேஷன். சனி ஞாயிறில், பெண்பிள்ளைகள் வயதுக்கு வந்ததைக் கொண்டாடும் சாமத்திய வீடுகளில் வீடியோ. ஒரு வீட்டில் பிள்ளையைப் பல்லக்கில் தூக்கிக்கொண்டு வந்தபோது, நீ பல்லக்கை விட்டுவிட்டு, தூக்கிய நாலு மாமன்மாரும் மூச்சு வாங்கியதையே எடுத்துக்கொண்டு நின்றாய். அந்தத் தாய் எனக்குப் போன் எடுத்து, "உங்கட தம்பி என்ர பிள்ளையின்ர சாமத்திய வீட்டைச் செத்தவீடு மாதிரியெல்லோ எடுத்துத் தந்திருக்கிறார்" என்று சத்தம் போட்டா. நீ விழுந்து விழுந்து சிரித்தாய். அந்த மூச்சு வாங்கல்தான் உன் முதல் குறும்படம்.

பிறகு இரவல் கமராவில் மூன்று குறும்படம். ஒரு பத்திரிகைக்காரி உன்னை 'வளர்ந்துவரும் பிரித்தானிய இயக்குநர்' என்று எழுதினாள். நீ அதை எனக்கு வாசித்துக் காட்டிவிட்டு, "முப்பத்தாறு வயசாகுது, அக்கா. இன்னும் வளர்ந்து வாறனாம். எப்ப வந்து சேருவன் எண்டுதான் தெரியேல்லை" என்றாய். முப்பத்தெட்டில் போய்விட்டாய்.

முழுநீளப் படத்தை எங்கள் வீட்டிலேயே எடுத்தாய். அத்தானிடம் ஒன்பது நாள் என்று கேட்டாய். கதை என்னவென்று அவர் கேட்கவில்லை, நீயும் சொல்லவில்லை. வீட்டை விட்டு வெளியே போக நினைத்து, போக முடியாமல் நிற்கும் ஒரு மனுசியின் கதை. நடிக்க இருந்தவ முதல் நாளே வரமாட்டேன் என்றதும், "அக்கா, நீயே நில்லு. நீ நடிக்கத் தேவையில்லை, கேத்திலைப் போடு, தேத்தண்ணி ஊத்து, போதும்" என்றாய்.

அது போதாதென்று எனக்கு இன்னொரு வேலையும் தந்தாய். இந்த வீட்டில் நான் எதையும் கொப்பியில் எழுதி வைப்பவள் என்பது உனக்குத் தெரியும். காஸ் மீட்டர், விரத நாள், ஃபிரீசரில் என்ன எந்தத் தட்டில், எல்லாம். ஒரு காட்சியை நாலு தடவை எடுத்தால், நாலிலும் எல்லாம் அச்சாக ஒரே மாதிரி இருக்கவேண்டும். இல்லாவிட்டால் ஒன்றோடு ஒன்றை ஒட்ட முடியாது. அதைக் கவனித்து எழுதுவது ஒரு தனி உத்தியோகமாம். நானே பார்த்துப் பார்த்துப் பழகினேன். 'கோப்பையில் அரைவாசித் தேத்தண்ணி. வலது கையில் இரண்டு காப்பு. சீலைத் தலைப்பு இடது தோளுக்குப் பின்னால்.' இப்போதும் அந்தக் கொப்பி இருக்கிறது.

அந்தக் கடைசிக் காட்சி. முன்கதவைத் திறந்து வைத்துவிட்டு, "அக்கா, நீ வெளியில போகப்போறாய். போகமுந்தி வீட்டோட ஏதாவது கதைச்சுப்போட்டுப் போ" என்றாய். எழுதித் தரவில்லை. எனக்குப் பின்னால் சாமித்தட்டு, முன்னால் ரோட்டு. நான் சொன்னதைப் பிறகு நீதான் போட்டுக் காட்டினாய்:

"இந்தக் கதவை இழுத்துச் சாத்தினா அதுவாப் பூட்டிப்போடும். பூட்டைத் திறந்து திரும்பி உள்ள வர என்னட்டைத் திறப்பு இல்லை. முப்பது வருசமா இல்லை. இருந்தது ரெண்டு. ஒண்டு அவரிட்ட. மற்றதை மகன் லீட்ஸுக்குப் படிக்கப் போகேக்க கொண்டு போட்டான். எனக்கு ஒண்டு வேணும் எண்டு கேட்டனான். நீர் வீட்டிலதானே இருக்கிறீர், உமக்கேன் திறப்பு எண்டார். அதில பிழை சொல்ல ஏலாது. நான் வீட்டிலதான் இருக்கிறன். திறப்பு இல்லாதபடியால வீட்டில இருக்கிறன். வீட்டில இருக்கிறபடியால திறப்பு இல்லை."

ஆறு நிமிடம் கதைத்தேனாம். பிறகு எல்லோரும் தேத்தண்ணி குடிக்கப் போனீர்கள். நான் முகம் கழுவினேன். சாமித்தட்டைப் பார்த்தேன். அம்மன் படத்தில் முதல்நாள் வைத்த மஞ்சள் செவ்வந்தி வாடிப்போய்த் தொங்கியது. எடுத்துவிட்டு, தோட்டத்தில் பூத்திருந்த வெள்ளை ரோசாவை வைத்துக் கும்பிட்டுவிட்டு வந்து நின்றேன். அதற்குப் பிறகு வேறு வேறு பக்கத்திலிருந்து மூன்று தடவை எடுத்தாய். மூன்றிலும் எனக்கு வாய் வரவில்லை. கதவைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அதுவும் நல்லது, இடையில் வெட்டி ஒட்டலாம் என்றாய்.

ஒரு மாதம் கழித்து, படத்தைத் தொகுத்துக்கொண்டிருந்த இடத்திலிருந்து போன் பண்ணினாய்.

"அக்கா, ஆர் பூவை மாத்தினது?"

"நான்தான். வாடின பூவோட அம்மனை வைச்சிருக்க ஏலுமே?"

"ஒரு மத்தியானம் பொறுத்திருக்க மாட்டாவோ உன்ர அம்மன்? காப்பை எழுதினாய், கோப்பையை எழுதினாய், பூவை எழுதேல்லையே!"

எப்படி எழுதுவேன் தம்பி? வாடின பூவை எடுத்துப் புதுப்பூ வைப்பதை ஒரு மாற்றம் என்று நான் நினைக்கவே இல்லை. வைக்காமல் விட்டால்தான் எனக்கு மாற்றம். ஒன்றில் மஞ்சள், மூன்றில் வெள்ளை, ஒட்ட முடியாது. நீ சிரித்தாய். "சரி. வெட்டாமல் ஒரே இழுவையா வைக்கிறன். அம்மன் சொன்னாக் கேக்கத்தானே வேணும்."

இதெல்லாம் உனக்குத் தெரிந்ததுதான். தெரியாததற்கு வருகிறேன்.

ரூத் தாளோடு வந்த அன்று அத்தானும் வீட்டில் நின்றார். அவள் மடிக்கணினியைத் திறந்து அந்தக் காட்சியைப் போட்டாள். அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முழுவதையும் பார்த்தார். முடிந்ததும் ரூத்தை விட்டுவிட்டு என்னைக் கேட்டார்.

"நான் உம்மைப் பூட்டி வைச்சனானா?"

"இல்லை."

"கை நீட்டினனானா?"

"இல்லை."

"பட்டினி போட்டனானா?"

"ஐயோ, இல்லை."

"அப்ப?"

அவர் கெட்டவர் இல்லை, தம்பி. கெட்டவர் என்றால் சொல்வதற்குச் சொல் இருந்திருக்கும்.

பிறகு ரூத்திடம் திரும்பினார். "பிள்ளை, அந்தத் திறப்புக் கதையை மட்டும் வெட்டி எடுத்துப்போடும். மிச்சம் கிடக்கட்டும். சின்ன விசயம்தானே?"

"வெட்ட ஏலாது, அண்ணை. நடுவில வெட்டினா அந்த இடத்தில வைக்க வேற ஒண்டும் இல்லை. இருக்கிற மற்ற மூண்டிலயும் பூ வேற." அவள் மற்றக் காட்சியையும் போட்டு நிறுத்தி, விரலால் காட்டினாள். மஞ்சள். வெள்ளை. "ஒண்டில் முழுசா இருக்கவேணும், இல்லாட்டி முழுசா எடுக்கவேணும். எடுத்தா விழாவில இந்தப் படத்தை வைச்சிருக்க மாட்டினம்."

அத்தான் சாமித்தட்டையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார். "ஒரு பூவுக்காகவோ?"

ரூத் வாசலில் சப்பாத்துப் போடும்போது, "நான் ஃபோர்ஸ் பண்ணேல்லை, அக்கா. வெள்ளிக்கிழமைக்குள்ள சொல்லுங்கோ" என்று கையைப் பிடித்தாள். பிறந்து வளர்ந்தது லண்டனில், பார்க்கிங் என்ற ஊரில் என்றாலும், கை மன்னார்க்காரியின் கைதான். இறுக்கிப் பிடிக்கிற கை.

அன்றிரவு சாப்பிடும்போது அத்தான் சொன்னார். "நான் தடுக்கேல்லை. உம்மட தம்பி, உம்மட கையெழுத்து. ஆனா கோயிலில நான் சோறு பரிமாறுறனான். கரண்டியோட எந்த முகத்தை வைச்சுக்கொண்டு நிக்கிறது எண்டு மட்டும் எனக்குச் சொல்லும்."

தடுத்திருந்தால் சண்டை பிடித்திருப்பேன். கதவைத் திறந்து வைத்துவிட்டு வாசலில் தானே படுத்துக்கொண்டவரை எப்படித் தாண்டிப் போவது? நாலு நாளும் பேனையை எடுத்தேன், வைத்தேன். கையெழுத்துப் போட்டால் இவர் முகம். போடாவிட்டால் உன் ஒரே முழுநீளப் படம். தேவாரம் பாடினாலும் பாதியில் நின்றது.

அப்போதுதான் நீ போன நாள் நினைவுக்கு வந்தது. அதை இதுவரை ஒருவருக்கும் சொல்லவில்லை. நோய் முற்றி உன்னைக் கடைசியாக வைத்துப் பராமரித்த இடத்திலிருந்து தாதி போன் பண்ணி, உடனே வரச் சொன்னாள். அத்தான் ஷிப்டில். நான் சப்பாத்தும் கோட்டும் போட்டுக்கொண்டு முன்கதவுக்கு உள்ளே, விறாந்தையில் நின்றேன். அவர் வரும்வரை ஒன்றேகால் மணித்தியாலம் நின்றேன். நாங்கள் உன்னிடம் போய்ச் சேர்ந்தபோது நீ போய் இருபது நிமிடம். இவர் மேல் பிழை இல்லை. நான் போன் பண்ணியவுடன் ஓடித்தான் வந்தார். கதவை இழுத்துச் சாத்திவிட்டு நான் பஸ் ஏறியிருக்கலாம். திரும்பி வந்து வாசற்படியில் இருந்திருந்தால் என்ன ஆகிவிடும்? ஏன் போகவில்லை, தம்பி? பத்து மாதமாகக் கேட்கிறேன். இந்த வீட்டில் இல்லாதது திறப்பு மட்டும்தானா?

வியாழக்கிழமை பின்னேரம் அத்தான் ஒரு வழியோடு வந்தார். சந்தோசமாகவே வந்தார்.

"போடும் கையெழுத்தை. ஆர் கேட்டாலும் நடிப்பு எண்டு சொல்லும். தம்பி எழுதித் தந்தவன், நான் பாடமாக்கிச் சொன்னனான் எண்டு. அவன்ர படமும் ஓடும், எங்கட மானமும் போகாது. உமக்கும் நல்ல நடிகை எண்டு பேர் வரும்."

பேனையை அவரே மூடி கழற்றித் தந்தார். நான் தலையாட்டினேன். கையெழுத்துப் போட்டேன்.

படம் தப்பியது, தம்பி. ஆனால் அந்தத் தலையாட்டல் இப்போது என்னை நெரிக்கிறது. இவர் கோயிலில் எல்லோருக்கும் சொல்லிவிட்டார்: "மனிசி நல்லா அழுது நடிச்சிருக்கு." வெள்ளிக்கிழமை பிரசாத வரிசையில் ஒரு அம்மா என் தாடையைப் பிடித்துப் பார்த்து, "நீங்கள் நடிக்கிறீங்களாமே! கண்ணீர் எப்பிடி, மருந்து விட்டதோ?" என்றா. சுற்றி நின்ற எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். முப்பது வருடத்தில் ஒரே ஒரு தடவை வாய் திறந்து உண்மை சொன்னேன். அதையும் நடிப்பு என்று சொல்லிக் கெட்டிக்காரி என்று முதுகில் தட்டுகிறார்கள். இப்படி ஒரு பூட்டு இருக்குமென்று நான் நினைக்கவில்லை.

நேற்று ரூத் இன்னொன்று கேட்டாள். படம் முடிந்ததும் இயக்குநர் மேடையில் இருந்து, பார்த்தவர்களின் கேள்விகளுக்கு மறுமொழி சொல்வது வழக்கமாம். உன் கதிரையில் நான் இருக்கவேண்டுமாம். நான் தமிழில் சொன்னால் அவள் ஆங்கிலத்தில் சொல்வாளாம். ஓம் என்றேன். அத்தானும் வருகிறார், முன்வரிசையில் இடம் கேட்டு வாங்கியிருக்கிறார்.

இந்தக் கடிதத்தை அச்சுக்குக் கொடுக்கமுந்தி இன்று அவருக்கு வாசித்துக் காட்டுவேன். அவருக்குத் தெரியாமல் ஒன்றும் செய்யமாட்டேன். வாசித்த பிறகு அவர் வருவாரோ, முன்வரிசையில் அவருடைய கதிரை வெறுமையாகக் கிடக்குமோ, எனக்குத் தெரியாது. எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது.

ஆனால் உனக்கு ஒரு வாக்குத் தருகிறேன். அந்த மண்டபத்தில் யாரோ ஒருவர் எழும்பி, கடைசி ஆறு நிமிடமும் நடிப்பா என்று கட்டாயம் கேட்பார். இந்தத் தடவை நான் தலையாட்டமாட்டேன். இல்லை என்று வாய் திறந்து சொல்வேன்.

உன் கதிரையில் இருக்கப்போகும்,
உன் அக்கா