கையெழுத்துக்குக் கீழே இரண்டு புள்ளி

மார்ச் 3

அன்புள்ள சிட்டுவுக்கு,

பல்கலைக்கழகத்தில் என் மனுவை நிறுத்திவைத்துவிட்டார்கள். உன்னால்தான். சுற்றி வளைத்துச் சொல்ல எனக்கு வராது. ஆறு வருடமாக என் போனை எடுக்காதவள் இப்போது மட்டும் எடுத்துவிடுவாயா என்றுதான் இந்தக் கடிதம்.

விஷயத்துக்கு வருகிறேன். சேர்க்கைக் காலத்தில் புதுப் பிள்ளைகளுக்குப் படிவம் நிரப்ப உதவி செய்யத் தன்னார்வலர்கள் தேவை என்று உங்கள் பல்கலைக்கழகத்தில் ஒட்டியிருந்தார்கள். பதிவறைக்கு அட்டைப்பெட்டி இறக்க வந்தபோது பார்த்தேன். (நான் கீழே சரக்கு இறக்குகிறேன், நீ மேலே ஜன்னலைச் சாத்துகிறாய். தெரியாது என்று நினைக்காதே.) நம் அட்டைப்பெட்டிக் கடையை இப்போது மேலாளரே பார்த்துக்கொள்கிறார். நான் போய் உட்கார்ந்தால் அவருக்குத்தான் இடைஞ்சல். வாரத்தில் இரண்டு நாள் இங்கே வந்துபோகலாமே என்று படிவம் வாங்கினேன்.

சம்பளம் இல்லாமல் வேலை செய்கிறேன் என்று வருகிறவளை இந்தப் பாடு படுத்துவார்கள் என்று எனக்குத் தெரியாது. ஏழு பக்கம். காது இரண்டும் தெரிகிற புகைப்படம். மார்பு எக்ஸ்ரே. உறவில்லாத இரண்டு பேரிடம் நற்சான்று. வங்கி மேலாளர் ஒன்று கொடுத்தார். இன்னொன்று அட்டை ஆலைக்காரர் கொடுத்தது. "மிகவும் கறாரான பெண்மணி" என்று எழுதியிருக்கிறார், அது பாராட்டா புகாரா என்று இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். போலீஸ் சான்றுக்கு மட்டும் மூன்று நடை. இத்தனை வருடம் பெட்டி மடித்ததில் விரல் ரேகை தேய்ந்துபோயிருக்கிறது, மெஷினில் விழவே மாட்டேன் என்கிறது. ரேகை எடுக்கிறவர் என் விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "ஏம்மா, நீங்க திருடுனா எங்களால கண்டுபிடிக்கவே முடியாதே" என்றார். "அதனாலதான் இதுவரைக்கும் மாட்டல" என்றேன். அந்த அறையே சிரித்தது.

எல்லாம் முடிந்து கடைசியில் வந்து நிற்பது உன்னிடம். "இங்கே பணிபுரியும் உறவினர் உண்டா" என்ற இடத்தில் உன் பெயரை எழுதினேன். அப்படியானால் உனக்கு ஆட்சேபணை இல்லை என்று நீ கையெழுத்துப் போட்டுத் தர வேண்டுமாம். தாளை உனக்கு அனுப்பி மூன்று வாரமாகிறது என்கிறார் தன்னார்வலர் அலுவலகத்து அதிகாரியம்மா. "உங்க தங்கச்சி கையெழுத்து வந்தா அன்னிக்கே அடையாள அட்டை தர்றேன். முப்பதாம் தேதிக்குள்ள வரலன்னா மனுவை மூடிடுவோம்" என்றார்.

நீ ஏன் வருவதை நிறுத்தினாய் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. அதைத் தனியாக வைத்துக்கொள். இது ஒரு கையெழுத்துதானே, போட்டுவிடு.

மாப்பிள்ளைக்கு முதுகு வலி எப்படி இருக்கிறது? கனம் தூக்க வேண்டாம் என்று சொல்.

உன் அக்கா


மார்ச் 9

மதிப்பிற்குரிய அக்காவுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. எனக்கு வந்த தாளுடன் தங்கள் மனுவின் நகலையும் இணைத்திருந்தார்கள். ஐந்தாம் பக்கத்தில் பதினான்காவது கேள்வி: "வேறொருவர் பெயரில், அவருக்குத் தெரியாமல், எந்த ஆவணத்திலாவது கையெழுத்திட்டதுண்டா?" 'இல்லை' என்ற கட்டத்தில் தாங்கள் குறியிட்டிருக்கிறீர்கள்.

அந்தப் பதில் அங்கே இருக்கும்வரை என்னால் கையெழுத்திட இயலாது.

அவருக்கு முதுகு வலி பரவாயில்லை.

இப்படிக்கு,
பதிவறை எழுத்தர்


மார்ச் 12

சிட்டு,

தாங்களாம், இட்டிருக்கிறீர்களாம்! மூக்கு ஒழுக ஒழுக என் இடுப்பில் உட்கார்ந்திருந்தவள் எனக்கு அலுவலகக் கடிதம் போடுகிறாள். கன்னத்தில் விட்டதுபோல இருந்தது. அதற்காகத்தான் எழுதினாய் என்றும் தெரிகிறது.

கேள்விக்கு வருகிறேன். கடை வைத்திருக்கிற யாரிடம் இதைக் கேட்டாலும் ஒருத்தர் தேறமாட்டார். லாரிக்காரர் டீ குடிக்கப் போனால் அவர் சீட்டில் நான் போட்டிருக்கிறேன். நான் இல்லாத நாளில் என் பெயரை மேலாளர் போட்டிருக்கிறார். அப்பாவுக்குக் கை நடுங்க ஆரம்பித்த பிறகு அவர் கையெழுத்தெல்லாம் யார் போட்டது? அதையெல்லாம் எழுத உட்கார்ந்தால் ஏழு பக்கம் போதாது. இந்தக் கேள்வி ஏமாற்றுக்காரர்களுக்கு. எனக்கு இல்லை.

நீ வேறு எதையாவது மனதில் வைத்துக்கொண்டு சொல்கிறாய் என்றால் புரியும்படி சொல். பூடகமாகப் பேசினால் எனக்கு ஏறாது.

அக்கா


மார்ச் 17

அக்கா,

புரியும்படியே சொல்கிறேன்.

ஆறு வருடத்துக்கு முன்னால் பதிவறையில் பழைய சேர்க்கைக் கோப்புகளைப் புதுப் பெட்டிகளுக்கு மாற்றினோம். பெட்டி உன் கடையில் வந்தது, பக்கவாட்டில் உன் முத்திரை. மூன்றாம் நாள் என் பெயர் போட்ட கோப்பு கைக்கு வந்தது. எனக்கு இடமே கிடைக்கவில்லை என்றுதானே நீ சொன்னாய்? கோப்பில் முதல் தாள்: தாவரவியல், இடம் ஒதுக்கப்பட்டது. அதன் பின்னால் ஒரு கடிதம். "குடும்பச் சூழ்நிலை காரணமாக எனக்கு இந்த இடம் தேவையில்லை." கீழே என் கையெழுத்து.

நன்றாகவே போட்டிருந்தாய். நான்தான் போட்டேனோ என்று எனக்கே ஒரு நிமிடம் சந்தேகம் வந்தது. ஆனால் அதற்குக் கீழே பக்கத்தில் பக்கத்தில் இரண்டு புள்ளி. கடைச் சீட்டில் உன் கையெழுத்தை யாரும் போட்டுவிடக் கூடாது என்று அடையாளத்துக்கு நீ வைப்பாயே, அதே புள்ளி. என் பெயரைப் போட்டுவிட்டு உன் அடையாளத்தை வைத்திருந்தாய்.

கூட வேலை செய்கிறவர், "என்னங்க, கண்ணுல தூசி விழுந்துடுச்சா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். அந்தக் கோப்பை உன் பெட்டியிலேயே போட்டு எண் எழுதி அலமாரியில் ஏற்றினேன். என் வேலை அதுதானே.

இன்னொன்று. இடம் கிடைக்கவில்லை என்று நான் அழுத அன்று எனக்குக் கைக்கடிகாரம் வாங்கித் தந்தாய். "விடுடி, அவங்களுக்குத்தான் கொடுத்துவைக்கல" என்று கண்ணைத் துடைத்துவிட்டாய். பதினாறு வருடம் அதைக் கழற்றாமல் கட்டியிருந்தேன். கையெழுத்தைக்கூட ஒரு நாள் மறந்துவிடுவேனோ என்னவோ. அந்தக் கடிகாரத்தை முடியாது.

இப்போது பிள்ளைகளுக்குப் படிவம் நிரப்ப வருகிறாயாம். நீ!

தங்கை


மார்ச் 21

சிட்டு,

போட்டேன். நான்தான் போட்டேன்.

உன் கடிதத்தைப் படித்துவிட்டு இரண்டு நாள் கடைக்குப் போகவில்லை. மேலாளர் ஆள் அனுப்பி உடம்புக்கு என்ன என்று கேட்டார். அலுவலகக் கடிதம் போய் "நீ" திரும்பி வந்திருக்கிறது, திட்டுவதற்காவது வந்ததே என்று முதலில் நினைத்தேன். என் புத்தி அப்படி, எதிலும் ஒரு லாபம் தேடும். பிறகு கடிகாரம் வரைக்கும் படித்தேன். அதற்கு மேல் எதுவும் தேடத் தோன்றவில்லை.

போன கடிதத்தில் எனக்குப் புரியவில்லை என்று எழுதினேனே, அதுவும் பொய். பதினான்காவது கேள்வி என்று நீ எழுதியதுமே எனக்குப் புரிந்துவிட்டது. முதல் கடிதத்தில், நீ ஏன் வரவில்லை என்று தெரியாது என்றேனே, அது மட்டும் நிஜம். உனக்குத் தெரிந்திருக்க வழியே இல்லை என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

கடைக்காகச் செய்தேன் என்று சொன்னால் நீயே நம்பிவிடுவாய். ஊரும் நம்பும். ஆனால் அதே மாதம் ஒரு ஆளை வேலைக்கு வைத்தேன், உனக்கே ஞாபகம் இருக்கும். கடை நடந்திருக்கும். அப்பா போய்ப் பத்து மாதம். கீழே ஒற்றை ஷட்டர், மேலே ஒரே அறை, நாம் இரண்டு பேர். நீ விடுதியில் தங்கிப் படிக்கப் போவதாக இருந்தாய், இடம் கிடைத்துவிடும் என்று பெட்டிகூட எடுத்துவைத்துவிட்டாய். ஒதுக்கீட்டுத் தபால் கடையில் என் கைக்குத்தான் வந்தது. நீ போய்விட்டால் ஷட்டரை இறக்கிவிட்டு மேலே ஏறி நான் யாரிடம் பேசுவேன்? அந்தப் பயம் ஒன்றுதான். அதற்குக் குடும்பச் சூழ்நிலை என்று பெயர் வைத்தேன். உன்னிடம் "போகாதே" என்று வாய்விட்டுக் கேட்டிருந்தால் நீ தங்கியிருப்பாய், அல்லது சண்டை போட்டுவிட்டுப் போயிருப்பாய். கேட்கிற தைரியம் இல்லை. இருபத்தைந்து வயதில் சந்தையில் யாரிடமும் பேரம் பேசத் தெரிந்தவளுக்கு உன்னிடம் கேட்கத் தெரியவில்லை.

புள்ளி வைத்தது எனக்கே தெரியாது. கை தானாக வைத்திருக்கிறது.

நீ கேட்கிறாய், நீயா படிவம் நிரப்புவது என்று. நியாயம்தான். போன வருடம் சேர்க்கை நேரத்தில் பெட்டி இறக்க வந்தபோது ஒரு பெண்ணைப் பார்த்தேன். கையில் பேனா வைத்திருக்கிறாள். மேசையில் இருந்தவர் அவளைத்தான் கேட்டார், "என்னம்மா படிக்கப் போறே?" என்று. பதில் சொன்னது பக்கத்தில் நின்ற சித்தப்பா. அவரே படிவத்தை இழுத்து எழுதினார். கையெழுத்தையும் அவரே போட்டார். அவள் மூடியைக் கழற்றிய பேனாவைப் பிடித்தபடி கடைசிவரை நின்றாள். மேசைக்காரர் கவனிக்கவில்லை. நான் கவனித்தேன். அந்த வேலை எப்படி நடக்கும் என்று எனக்குத்தான் தெரியுமே. அன்றிலிருந்து அந்தப் பேனா மூடி என் கண்ணை விட்டுப் போகவில்லை.

இன்று போய் என் மனுவைத் திரும்ப வாங்கினேன். 'இல்லை' என்பதை அடித்துவிட்டு, "ஆம். என் தங்கையின் பெயரில், அவள் சேர வேண்டிய இடத்தை வேண்டாம் என்று" என எழுதி, அடித்தலுக்குப் பக்கத்தில் கையெழுத்துப் போட்டேன். அதிகாரியம்மா படித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார். "யாரும் கேக்கப் போறதில்ல. இதை எழுதாமலே இருந்திருக்கலாமே" என்றார் மெதுவாக. "இருபத்திரண்டு வருஷம் எழுதாம இருந்து பாத்தாச்சும்மா" என்றேன். இருபத்தாறாம் தேதி குழு கூப்பிடுமாம்.

மன்னித்துவிடு என்று எழுதி இரண்டு தாள் கிழித்தேன். உனக்குப் போனது என்னால் திருப்பித் தரக்கூடியது இல்லை. முடியாத காரியத்துக்கு வார்த்தை எதற்கு என்று விட்டுவிட்டேன்.

அக்கா


மார்ச் 27

சிட்டு,

நீ பதில் போடவில்லை. போட வேண்டும் என்று இல்லை. நடந்ததைச் சொல்லிவிடுகிறேன்.

நீள மேசைக்குப் பின்னால் மூன்று பேர். ஒரு பேராசிரியர், நம் அதிகாரியம்மா, சட்டம் பார்க்கிற ஒருவர். பேராசிரியர் நேராகவே கேட்டார். "இப்படிச் செஞ்ச உங்களை நாங்க எதுக்கு இந்த மேசையில உக்கார வைக்கணும்?"

"வைக்க வேணாம்னா நியாயம்தாங்க. ஆனா ஒண்ணு. உங்க மேசையில இருக்கிறவங்க எல்லாம் ஒழுங்கா வளர்ந்தவங்க. ஒரு புள்ளையோட படிவத்தை வேற கை எழுதினா அவங்களுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்" என்றேன்.

வெளியே பெஞ்சில் முக்கால் மணி நேரம் உட்கார வைத்தார்கள். பிறகு தாள் வந்தது: பாதிக்கப்பட்டவர் எழுத்தில் சம்மதித்தால் மட்டும்.

ஆக, முழுக்க உன் கையில். முப்பதாம் தேதி கடைசி. உனக்கு வேண்டாம் என்றால் ஒரு வரி அனுப்பு. இடம் வேண்டாம் என்று நானே எழுதிக் கொடுத்துவிடுகிறேன், இந்தத் தடவை என் பெயரில்.

அக்கா


மார்ச் 31

அன்புள்ள சிட்டுவுக்கு,

நேற்று நான் கீழே சரக்கு இறக்கிக்கொண்டிருந்தபோது நீ படியிறங்கி வந்தாய். ஆறு வருடத்துக்குப் பிறகு உன் முகத்தை அவ்வளவு கிட்டத்தில் பார்க்கிறேன், காதோரம் நரைத்திருக்கிறது. உட்காரச் சொன்னேன், நீ உட்காரவில்லை. "பெட்டி மேல உக்கார எனக்குப் பிடிக்கல" என்றாய். சுவரில் தாளை வைத்து, என் கண் முன்னால் கையெழுத்துப் போட்டாய். எழுத்துக்கு எழுத்து நிதானமாக. நான் போட்டது அதைப்போல இல்லவே இல்லை, சிட்டு. நீ எப்படி ஒரு நிமிடம் ஏமாந்தாய் என்று தெரியவில்லை.

"இதை மன்னிப்புன்னு நினைச்சுக்காதே" என்றாய். "நினைக்கல" என்றேன். "அந்த மாதிரி ஒரு பொண்ணு மறுபடியும் பேனாவைப் பிடிச்சுக்கிட்டு நிக்கக் கூடாது. அதுக்காகத்தான்." தலையை ஆட்டினேன். பிறகு உன் நிபந்தனைகளை விரல் விட்டு எண்ணி எண்ணிச் சொல்லிவிட்டு, பதிலுக்கு நிற்காமல் மேலே போய்விட்டாய்.

வாய்ப்பேச்சோடு எதையும் முடிப்பது எனக்குப் பழக்கமில்லை. அடையாள அட்டை இன்று வந்துவிட்டது. நீ சொன்னதையும் நான் ஒப்புக்கொண்டதையும் எழுதிவைக்கிறேன். எங்காவது தவறியிருந்தால் திருத்தி அனுப்பு.

செவ்வாயும் வெள்ளியும், காலை பத்திலிருந்து ஒன்று வரை வருவேன். பிள்ளைகளோடு வருகிற பெரியவர்களை, அப்பாவானாலும் அக்காவானாலும், கதவுக்கு வெளியே உட்கார வைப்பேன். படிவத்தில் ஒரு எழுத்துகூட நான் எழுதமாட்டேன். கேட்டால் வாயால் சொல்வேன், அவ்வளவுதான். நீ என் தங்கை என்று அங்கே யாரிடமும் பெருமை பேசமாட்டேன். நீ மன்னித்துவிட்டதாக மாப்பிள்ளையிடம்கூடச் சொல்லமாட்டேன். உன் வீட்டுக்கு எப்போது வரலாம் என்று கேட்கமாட்டேன். கடிகாரத்தைத் திருப்பி அனுப்புவாய், வாங்கிக்கொள்வேன்.

ஜூன் முதல் செவ்வாய் நீயும் படிக்கச் சேர வருவாய். மாலை வகுப்பு, தாவரவியல். எல்லாரையும்போல வரிசையில் நின்று என் மேசைக்கு வருவாய், நான் உன்னை முன்னால் கூப்பிடமாட்டேன். காற்றில் பறக்காமல் தாளின் ஓரத்தை மட்டும் பிடித்துக்கொள்வேன். எழுதுவது நீ, கையெழுத்து நீ. பேனா நீயே கொண்டுவருவாய். என் மேசையில் பேனா இருக்காது.

அக்கா