மணிக்கு மூன்று சதவீதம்

ஏப்ரல் 22, 2025, செவ்வாய்

மலாக்கா மாலில் காருக்கு ஓசி சார்ஜ் நின்றுவிட்டது! கீழ்த்தளத்தில் அந்த இரண்டு பச்சைக் கட்டங்களுக்கு மேலே தாள் ஒட்டியிருக்கிறார்கள். மே முதல் தேதியிலிருந்து காசாம். படித்துவிட்டு அப்படியே நின்றேன். ஐந்து மாதமாக வாராவாரம் அங்கேதான் காய்கறி வாங்குகிறேன், பாசார் சந்தையில் மலிவு என்று தெரிந்தும். எதற்கு? அந்த வயருக்காகத்தானே. இனி வெண்டைக்காயும் விலை, கரண்டும் விலை.

குகனுக்குப் போன் அடித்தேன். சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகும்போது இந்தக் காரை என் தலையில் கட்டிவிட்டுப் போன புண்ணியவான் அவன்தான். "பெட்ரோல் செலவே இல்லம்மா, ராணி மாதிரி போகலாம்" என்றான். ராணி நாலாவது மாடியில் இருக்கிறாள், கார் கீழே நிற்கிறது, நடுவில் ஒரு பிளக் கிடையாது. இதை அவனும் யோசிக்கவில்லை, நானும் யோசிக்கவில்லை.

"ஏம்மா கத்துற? காசு கட்டிப் போடேன்லா."

காசு கட்டிப் போடுவதற்கா மின்சாரக் கார்? போனை வைத்துவிட்டேன்.

ஏப்ரல் 26, சனி

அடுக்குமாடி கமிட்டியில் கேட்டேன். கார் நிறுத்துமிடத்தில் ஒரு சார்ஜர் வையுங்கள், நாங்கள் பயன்படுத்துகிற கரண்டுக்கு நாங்களே கட்டுகிறோம் என்றேன். கமிட்டித் தலைவர் சிரித்தார். "ஆண்ட்டி, லிப்ட்டையே ரிப்பேர் பண்ண முடியல." நியாயம்தான். ஆனால் சிரித்திருக்க வேண்டாம்.

மே 11, ஞாயிறு

இரண்டு வாரமாகத் தங்கா பத்துவில் தங்கை பவானேஸ்வரி வீட்டுக்குப் போகிறேன். வாசலில் ஒரு பிளக் இருக்கிறது. காரோடு வந்த மூன்று பின் வயரை அதில் செருகிவிட்டு, "சும்மாதான் பார்க்க வந்தேன்" என்று உள்ளே போவேன். பவானிக்கு ஒரே சந்தோஷம். அவள் வீட்டுக்காரர் கணேஸ்வரனுக்கு இல்லை. இன்று நான் வயரைச் செருகியதும் அவர் எழுந்துபோய் ஏர்கானை அடைத்தார். "ரெண்டும் ஒண்ணா ஓட வேணாம்க்கா" என்றார். அப்புறம் மூன்று மணி நேரம் நாங்கள் மூவரும் வியர்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.

மனுஷனா அவர்! பாயசம் மட்டும் நன்றாக இருந்தது.

மே 23, வெள்ளி

எழுதவே வெட்கமாக இருக்கிறது. கோயில் மண்டபத்துக்குப் பக்கவாட்டில் ஒரு பிளக் சும்மாதான் இருந்தது. பூசை முடிய ஒன்றரை மணி நேரம் ஆகும், அதற்குள் கொஞ்சம் ஏறட்டும் என்று போட்டேன். தீபாராதனை நேரத்தில் மைக் செத்தது, விளக்கு செத்தது, காற்றாடி எல்லாம் நின்றது. ஐயர் கற்பூரத் தட்டோடு இருட்டில் நிற்கிறார். யாரோ ஒருவர் வயரைப் பிடித்துக்கொண்டே வந்து வந்து என் காரில் முடித்தார். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். எல்லாரும்!

மே 24, சனி

ஐம்பத்தொரு வயதில் கரண்டு திருடி என்று பெயர் வாங்கியாகிவிட்டது.

ஜூன் 1, ஞாயிறு

என்ன நாள் இது. எங்கிருந்து ஆரம்பிப்பது?

கிளினிக்கில் என்னோடு வேலை செய்கிறவளின் மகளுக்குக் கல்யாணம், நியாலாஸ் ஊரைத் தாண்டி. பக்கத்திலேயே ஒரு சார்ஜர் இருப்பதாகப் போனில் காட்டியது. அதை நம்பிப் போனேன். சாப்பிட்டுவிட்டு அங்கே போய்ப் பார்த்தால் மஞ்சள் டேப் சுற்றிக் கிடக்கிறது! பழுது. காரில் நாலு சதவீதம். அடுத்த சார்ஜர் முப்பது கிலோமீட்டர். ஏர்கானை அடைத்து, கண்ணாடியை இறக்கி ஓட்டினேன். இரண்டு பக்கமும் செம்பனைத் தோட்டம், ஒரு ஈ காக்கை இல்லை. அந்த வட்டாரத்தில் எனக்குத் தெரிந்த வீடு ஒன்றே ஒன்று.

பெரியநாயகி வீடு. என் வீட்டுக்காரரின் அக்கா.

ஒன்பது வருடமாக அந்த வாசலை நான் மிதிக்கவில்லை. என் வீட்டுக்காரர் இறந்த அன்று, உருமி மேளம் அடித்துக்கொண்டிருக்கும்போது, ஊர் முன்னால் அவள் என் தோளைப் பிடித்து உலுக்கி, "உன்னாலதான்டி என் தம்பி போனான்" என்று கத்தினாள். அதை என் காதால் கேட்டேன். அன்று நானும் சபதம் போட்டேன், செத்தாலும் இவள் முகத்தில் முழிப்பதில்லை என்று.

மூன்று சதவீதத்தில் சபதமாவது ஒன்றாவது.

கேட்டுக்கு வெளியே காரை நிறுத்தினேன். கோழிக்குத் தீனி போட்டுக்கொண்டிருந்தாள். துடைப்பக்கட்டையைத் தூக்குவாள் என்று நினைத்தேன். பார்த்தாள். தட்டைக் கீழே வைத்தாள். "மலரா?" என்றாள்.

ஒன்பது வருடம் கழித்து என் வாயிலிருந்து வந்த முதல் பேச்சு: "அண்ணி, பிளக் இருக்கா?"

"என்னாது?"

"காருக்கு."

"காருக்கு பிளக்கா? என்னாலா சொல்ற நீ?"

விளங்கவைப்பதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது. ஜன்னலோரம் கரண்ட் சோற்றுப்பானை ஓடிக்கொண்டிருந்த பிளக். அவள் யோசிக்கவே இல்லை. வெந்தும் வேகாமலும் இருந்த சோற்றைப் பிடுங்கி அடுப்புக்கு மாற்றினாள். குகனுக்குப் போன் அடித்தேன். "பழைய வீடாம்மா? அப்ப எட்டு ஆம்பியர்ல வை, இல்லாட்டி வயரு உருகிரும். மணிக்கு மூணு பெர்சன்ட்தான் ஏறும், பொறுமையா இரு. யாரு வீடு?"

"சும்மா ஒரு வீடு."

மணிக்கு மூன்று! மலாக்கா வந்து சேர ஐந்து மணி நேரம் அங்கே உட்கார வேண்டும். யாரோடு!

உள்ளே போனேன். சுவரில் சுப்பன் அண்ணன், அண்ணியின் வீட்டுக்காரர். படத்தில். மாலையோடு.

என் வீட்டுக்காரரின் பாடைக்கு முன்னால் தோள் கொடுத்த மனுஷன். குகனைத் தூக்கித் தோளில் வைத்துத் தைப்பூசம் காட்டிய மனுஷன்.

"எப்ப அண்ணி?"

"மூணு வருசம் ஆச்சு. உனக்கு எத்தன தடவ போன் அடிச்சேன். நீ எடுக்கவே இல்ல."

அப்புறம் அவள் அடுப்படிக்குப் போனாள். சோறு போட்டாள், தின்றேன். ஆறரைக்குப் பதினெட்டு சதவீதம் காட்டியது. கிளம்பினேன். காசு நீட்டினேன். அவள் பார்த்த பார்வையில் திரும்ப எடுத்து வைத்துக்கொண்டேன்.

ஜூன் 2, திங்கள்

இன்று போனில் தேடிப் பார்த்தேன். தடுத்து வைத்த நம்பர்களின் பட்டியல். ஒரு வட்டிக்கடைக்காரன், ஒரு காப்புறுதிக்காரன், பெரியநாயகி அண்ணி.

நான்தான். என் கைதான். காரியம் முடிந்த மறுநாள் போட்டது. ஒரு மனிதன் செத்த செய்தி இந்தப் போன் கண்ணாடிக்கு வெளியே நின்று தட்டித் தட்டிப் போயிருக்கிறது.

ஜூன் 8, ஞாயிறு

போகவில்லை. ஏன் போக வேண்டும்? நான் போன் எடுக்காதது தப்புதான், அதற்காக அவள் சொன்னது இல்லை என்று ஆகிவிடுமா?

ஜூன் 15, ஞாயிறு

போனேன். சார்ஜ் போடத்தான். ஓசி கரண்ட், வெயில் இல்லாத நிழல், ஏர்கானை அடைக்க ஆள் இல்லை.

சுப்பன் அண்ணன் படத்துக்கு மல்லிகை வாங்கிப் போனேன். அண்ணி ஸ்டூலை இழுத்துப் போட்டாள். நெத்திலியில் தலை கிள்ளினோம். ஒரு கிலோ முடிந்தது. மகன் ஜொகூரில் இருக்கிறானாம், மாதம் ஒரு தடவை வருவானாம். "உன் பையன்?" "சிங்கப்பூர்." "நல்லா இருக்கானா?" "இருக்கான்." அவ்வளவுதான் பேச்சு. ஐந்து மணி நேரத்துக்கு இது போதுமா என்றால் போதும்.

ஜூன் 22, ஞாயிறு

மறுபடியும் நியாலாஸ்.

ஜூன் 25, புதன்

பவானி போன் அடித்தாள். ஏன் இப்போதெல்லாம் வருவதில்லை என்றாள். வேறு இடம் கிடைத்துவிட்டது, முற்றிலும் ஓசி என்று பீற்றிக்கொண்டேன். எங்கே என்று துருவித் துருவிக் கேட்டாள். சொன்னதும் தூரத்தைக் கணக்குப் பார்த்தாள். அப்புறம், "அக்கா, போய்ட்டு வர நூறு கிலோமீட்டர். அதுக்கே இருபத்தஞ்சு பெர்சன்ட் போயிருமே. அங்க எவ்ளோ ஏறுது?"

"பதினஞ்சு."

"அப்ப நஷ்டம்லா!"

கணக்குப் போட்டுப் பார்த்தேன். உண்மைதான். ஒவ்வொரு ஞாயிறும் பத்து சதவீதம் போய்த் தொலைகிறது. கிளினிக்கில் நாள் முழுக்கக் கணக்குப் பார்க்கிறவள் நான்! இது எப்படி என் மண்டைக்கு எட்டாமல் போனது?

ஜூன் 29, ஞாயிறு

இன்றைக்கே எழுதிவிட வேண்டும்.

இன்று கேட்டேவிட்டேன். திட்டம் போட்டுக் கேட்கவில்லை. அண்ணி துணி மடித்துக்கொண்டிருந்தாள், "ஒரு தடவகூட போன் எடுக்கலியே மலரு, டவுன்காரியா ஆனதும் தோட்டத்து சனம் வேணாம்னு ஆச்சா" என்றாள். எனக்கு வந்தது பாருங்கள் கோபம்.

"யாரு வேணாம்னா? ஊரு முன்னால நீங்க என்னா சொன்னீங்க? உன்னாலதான் என் தம்பி போனான்னு சொல்லல?"

அண்ணி மடிப்பதை நிறுத்தினாள். என்னையே பார்த்தாள்.

"நானா?"

"நீங்கதான். என் தோளப் புடிச்சிக்கிட்டு."

"சொன்னேன்டி. சொன்னேன். உன்னாலதான் என் தம்பி மனுசனா போனான்னு சொன்னேன்."

என்ன?

"கள்ளுக்கட பின்னால கால்வாயில கெடந்தவன்டி என் தம்பி கணேசமூர்த்தி. எத்தன நாளு உங்க சுப்பன் அண்ணன் போயி தூக்கிட்டு வந்திருக்காரு. நீ வந்துதான அவன குளிப்பாட்டி, சட்ட போட்டு, வேலைக்கு அனுப்புன. அதத்தான் சொன்னேன். எல்லாருக்கும் கேக்கட்டும்னு கத்திச் சொன்னேன். நீ என்னா கேட்ட?"

மனுசனா. மனுசனாப் போனான். அந்த ஒரு வார்த்தையை மேளம் அடித்துக்கொண்டு போய்விட்டது. மிச்சத்தை வைத்துக்கொண்டு நான் ஒன்பது வருடம்... ஐயோ. ஒன்பது வருடம்! அண்ணி மகன் கல்யாணம். அண்ணன் சாவு. குகன் எத்தனை தடவை கேட்டான், "அத்த வீட்டுக்கு ஏம்மா போறதில்ல?" என்று. பேச்சை மாற்றிவிட்டேன்.

அண்ணி கோபப்படுவார் என்று பார்த்தேன். அவருக்கு அழுகையும் வரவில்லை, சிரிப்பும் வரவில்லை. வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்தார். கார் நிரம்பியதா இல்லையா என்று யாரும் எட்டிப் பார்க்கவில்லை.

ஜூன் 30, திங்கள்

வேலைக்குப் போகவில்லை. நெற்றியில் தைலம் தேய்த்துப் படுத்திருக்கிறேன்.

ஏன் அப்படிக் கேட்டது என் காது? மேளம் எல்லாருக்கும்தான் அடித்தது. எனக்குத் தெரியும் ஏன் என்று. இங்கேகூட இதுவரை நான் எழுதியதில்லை. அன்று காலை அவர், "நெஞ்சு கனமா இருக்கு மலரு" என்றார். நான் ஒரு கிளினிக்கில் வேலை செய்கிறவள். "வயித்து காஸ்தான், இதக் குடிச்சிட்டுக் கெளம்புங்க, லேட்டாச்சு" என்று மருந்தை ஊற்றிக் கொடுத்தேன். குடித்தார், போனார். மத்தியானம் வேலையிடத்திலேயே விழுந்துவிட்டார்.

உன்னாலதான் என்று என்னை நானே சொல்லிக்கொண்டு நின்ற நேரம் அது. அண்ணி வாயைத் திறந்ததும் அவர் சொன்னதாகவே கேட்டுவிட்டது.

அண்ணிக்கு இது தெரியாது. தெரியாமல்தான் மனுசனா போனான் என்றார். தெரிந்தால்?

ஜூலை 6, ஞாயிறு

போனேன். சொல்லவில்லை. மீன் குழம்பு வைத்துக் கொடுத்துவிட்டார். வழியெல்லாம் வாசனை.

ஜூலை 27, ஞாயிறு

இன்றும் சொல்லவில்லை. சீ.

ஆகஸ்ட் 7, வியாழன்

நம்ப முடியவில்லை! கீழே சார்ஜர் வந்துவிட்டது. லிப்ட்டுக்கு முந்தி! ஒரு கம்பெனிக்காரன் தன் செலவிலேயே வைத்துவிட்டுப் போனானாம். மால் விலையைவிட மலிவு. கமிட்டித் தலைவர் என்னைக் கூப்பிட்டு, "ஆண்ட்டி, நீங்கதான் முதல்ல" என்று வயரைக் கையில் கொடுத்தார். பழைய சிரிப்பை மன்னித்தேன்.

இனி நியாலாஸ் போக ஒரு சாக்கும் இல்லை.

ஆகஸ்ட் 10, ஞாயிறு

சாக்கு இல்லாமலேயே போனேன்.

அண்ணி வழக்கம்போல் சோற்றுப்பானையைப் பிடுங்கிவிட்டு ஜன்னலைத் திறந்தார். "வயர நீட்டு."

"வேணாம் அண்ணி. எங்க ஏரியாலயே சார்ஜர் வந்துருச்சி."

"அப்ப எதுக்கு வந்த?"

குத்திக் கேட்கவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். நான் வாசலில் நின்றபடியே எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். நெஞ்சு கனம் என்றது, காஸ் என்றது, லேட்டாச்சு என்றது. செருப்பைக்கூடக் கழற்றவில்லை. போ என்றால் அப்படியே போய்விடலாம் என்று இருந்தேன்.

"தெரியும்" என்றார்.

எனக்கு விளங்கவில்லை.

"அன்னிக்கே தெரியும். பத்து மணிக்கு வேல எடத்துலேர்ந்து எனக்குப் போன் அடிச்சான். நெஞ்சு ஒரு மாதிரியா இருந்திச்சிக்கா, மலரு மருந்து குடுத்தா, இப்ப தேவலாம்னான்."

தெரிந்துதான் அன்று ஊர் முன்னால் அப்படிச் சொன்னாரா? தெரிந்தேவா?

அண்ணி ஸ்டூலில் உட்கார்ந்தார். புடவைத் தலைப்பை எடுத்து வாயில் வைத்துக்கொண்டார். அந்தப் பெரிய உடம்பு குலுங்குவதை இன்றுதான் பார்க்கிறேன்.

"நான் என்னா சொன்னேன் தெரியுமா அவன்கிட்ட? காஸ்தான் தம்பி, வெந்நி குடின்னேன். நானுந்தான்டி சொன்னேன் மலரு."

செருப்போடு உள்ளே போனேன்.

சுப்பன் அண்ணன் படத்துக்குக் கீழே தரையில் உட்கார்ந்துதான் குகனுக்குப் போன் அடித்தேன். யார் வீட்டில் இருக்கிறேன் என்று சொல்லவில்லை, போனை அண்ணி கையில் கொடுத்தேன். "யாருன்னு சொல்லு பாப்போம்" என்றார் அண்ணி. "அத்த" என்றான் என் மகன்.