நாற்பத்து மூன்றாம் எண் வழி

ரப்பர் ஷீட் புகையின் வாடை இன்று காலையில் என் வீட்டு முன்னறையை நிறைத்துவிட்டது. உன் மகள் ஜெபா கருங்கல்லிலிருந்து பஸ் ஏறி வந்து, நம்முடைய பெரிய வரைபடத்தை மேசையில் விரித்தாள். பூச்சி அரிக்காமல் இருக்கட்டும் என்று ஷீட் உலர்த்தும் புகையறையில் அதை நீ தொங்கவிட்டிருந்தாய் அல்லவா? ஒரு மூலைகூட அரிபடவில்லை. ஆனால் அந்த வாடை மூக்கில் ஏறியதும் எனக்கு அழுகை வந்துவிட்டது, அழுதேன். ஜெபா தண்ணீர் கொண்டு வந்து தந்தாள். பிறகு வேலையைப் பார்த்தோம்.

வெள்ளிக்கிழமை அச்சகத்தில் கொடுத்தாக வேண்டும். கன்னியாகுமரி மாவட்டத்துப் பழைய வழிகளின் எண் பட்டியல். நீயும் நானும் பதினைந்து வருஷம் நடந்தே எழுதியது. எல்லாம் தயார், ஒன்றைத் தவிர. நாற்பத்து மூன்று. உன் செல்ல வழி. அதைப் பற்றி உன்னோடு பேசித் தீர்க்க வேண்டியிருக்கிறது. போன மழைக்காலத்தில் நீ போய்விட்டாய் என்பதற்காக நான் சண்டையை விட்டுவிடுவேன் என்று நினைத்தாயோ?

நீ முதன்முதலாக எங்கள் சர்வே ஆபீசுக்கு வந்தது ஒரு கிராம வரைபடத்தின் நகல் கேட்டு. பள்ளிக்கூடத்தில் வரலாறு எடுக்கிற டீச்சர் என்றாய். நான் வரைவாளர், படம் வரைந்துகொண்டிருந்தேன். நகல் தயாராகும் வரை சும்மா உட்கார உனக்குத் தெரியாது. என் மேசையருகே நின்றுகொண்டே ரோமாபுரிக்குப் போய்விட்டாய். இத்தாலியில் பெருவழிகளுக்குப் போட்டவனின் பெயர் உண்டு என்றாய். பிரிட்டனில் ரோமர் போட்ட வழிகளின் பெயர்கள் தொலைந்து போயின, அதனால் பின்னால் வந்த ஒரு ஆராய்ச்சிக்காரர் அவற்றுக்கு எண் கொடுத்தாராம். பெருவழிக்கு ஓர் இலக்கம். அதிலிருந்து பிரிகிற கிளைக்கு இரண்டு இலக்கம். கிளையின் கிளைக்கு மூன்று. எண்ணைப் பார்த்தாலே அது எந்த வழி பெற்ற பிள்ளை என்று தெரிந்துவிடும்.

"நம்ம ஊர் ரோட்டுக்கும் பேரு தொலஞ்சுதானே கெடக்கு. நாம போட்டா என்ன?" என்று கேட்டாய். அறிமுகமாகி அரைமணி நேரம் ஆகவில்லை, அதற்குள் 'நாம'.

"அப்பிடியானா எனக்க வீட்டு இடவழிக்கு எத்தன இலக்கம் வரும்?" என்று நான் கிண்டலாகக் கேட்டேன்.

"ஆரல்வாய்மொழியிலயா வீடு? பத்து இலக்கம் வரும் மக்கா, போன் நம்பர் மாதிரி."

அடுத்த வாரமே நாம் ஒருவருக்கொருவர் 'ஏட்டி' ஆகிவிட்டோம்.

ஆரல்வாய்மொழிக் கணவாயிலிருந்து மேற்கே போகிற வழிக்கு ஒன்று என்று எண் கொடுத்தோம். முதல் நடை அதில்தான். நீ ஞாயிறு ஆராதனை முடிந்து, சேலை கூட மாற்றாமல் வந்திருந்தாய். காற்றாலைகளுக்கு நடுவே நான் படத்தை விரித்ததும் காற்று அதைப் பிடுங்கிக்கொண்டு போனது. "சர்வே ஆபீஸ்காரிக்கு ஒரு கல்லு எடுத்து மேல வைக்கத் தெரியாதா?" என்று கத்திக்கொண்டே நீ அதன் பின்னால் ஓடினாய். பட்டுச்சேலையில் ஓடிய உன்னைப் பார்த்து ஒரு லாரிக்காரர் வண்டியை நிறுத்திவிட்டார்.

சட்டம் போட்டதும் நீதான். நோட்டின் முதல் பக்கத்தில் எழுதினாய்: கண்டது முழுக்கோடு, நினைத்தது இடைவிட்ட கோடு. ஒரு சுமைதாங்கிக் கல்லோ, பழைய வழியம்பலமோ, வண்டித்தடம் பதிந்த பாறையோ கண்ணால் காணாமல் முழுக்கோடு போட விடமாட்டாய். கோட்டாற்றுக்குத் தெற்கே ஒரு துண்டுக்காக என்னை நான்கு முறை அழித்து வரைய வைத்தாய். நான் உன்னோடு ஒரு மாதம் பேசவில்லை. அப்புறம் நீ சொன்னதுதான் சரி என்று தெரிந்தபோதும் அதை நான் உன்னிடம் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன்.

இப்படிப்பட்ட நீ நாற்பத்து மூன்றில் மட்டும் எப்படிச் சறுக்கினாய்?

சிதறால் மலையடி வழிக்கு எண் நான்கு. அதிலிருந்து பிரிந்து, கருங்கல் வழியாகத் தேங்காய்ப்பட்டணம் கடற்கரைக்கு ஒரு கிளை இறங்கியிருக்க வேண்டும் என்று உனக்கு ஒரே பிடிவாதம். மரக்கலத்தில் வந்த சரக்கு மலையடிக்கு ஏறிய வழி என்றாய். சான்று கேட்டேன். கிராம வரைபடத்தில் மூன்று பெயர்களைத் தொட்டுக் காட்டினாய். சாலைவிளை, சாலையடி, சாலைக்குளம். மூன்றும் அளவுகோல் வைத்ததுபோல ஒரே நேர்கோட்டில். இங்கிலாந்தில் ஊர்ப்பெயருக்குள் 'ஸ்ட்ரீட்' என்ற சொல்லின் சாயல் கண்டால் பக்கத்தில் ரோமர் வழியைத் தேடுவார்களாம். "அங்க ஸ்ட்ரீட்டு, இங்க சாலை. பின்ன என்னட்டி சந்தேகம்?" மூன்று ஞாயிறு அலைந்தோம். ரப்பரும் மரவள்ளியும் கண்டோம். வழி என்று சொல்ல ஒரு கல்கூடக் கிடைக்கவில்லை. நான் இடைவிட்ட கோடு போட்டேன், நீயும் ஒத்துக்கொண்டாய்.

கடைசியாக நான் உன்னைப் பார்க்க வந்த மதியம் நினைவிருக்கிறது. கட்டிலில் காய்ந்த இலை போலக் கிடந்தாய். படத்தைக் கொண்டுவரச் சொன்னாய். "அத முழுக்கோடா போட்டிரு மக்கா. எனக்குப் பாக்கணும்" என்றாய். உன் சட்டத்தை நீயே மீறுகிறாய் என்று எனக்குத் தெரியும். உனக்கும் தெரியும். நான் பேனாவைத் திறந்தேன். மலையிலிருந்து கடல் வரை, ஒரே இழுப்பில். மை காயும் முன்னே நீ அதன்மேல் விரலை ஓட்டினாய், கோடு சற்றுக் கலைந்தது. அந்தக் கலைந்த தடம் இன்னும் படத்தில் இருக்கிறது.

போன மாதம் புத்தகத்துக்குப் போட்டோ எடுக்கச் சாலைவிளைக்குப் போனேன். நிலம் மீரான் என்பவருடையது, நாம் அலைந்த நாளில் குவைத்தில் இருந்துவிட்டு இப்போது திரும்பியவர். சாலை எந்தப் பக்கமாகப் போயிருக்கும் என்று அவரிடம் கேட்டேன். அவர் சிரித்துவிட்டார்.

"இது வண்டி போற சாலை இல்ல கேட்டியளா. சோறு போட்ட சாலை. எனக்க வாப்பா வாங்கின வெள, ஆதாரத்தப் பாருங்க."

ஆதாரம் என்று அவர் கொண்டுவந்தது நிலத்தின் பழைய பத்திரம். 'சாலை ஊட்டு வகைக்கு விட்ட விளை' என்று தெளிவாக இருந்தது, அதாவது சாலையில் சோறு போடும் செலவுக்கு ஒதுக்கிய தோட்டம். சாலையடியும் சாலைக்குளமும் அதே ஊட்டுக்கு விட்ட நிலங்கள். ஒரு வாய்க்காலை ஒட்டிக் கிடந்ததால் மூன்றும் நேராக அமைந்திருக்கின்றன. ஏட்டி, நம் பக்கத்துப் பழைய கல்வெட்டுகளில் சாலை என்றால் சோறும் படிப்பும் கொடுத்த இடம் என்று வகுப்பில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தவள் நீ. அதைக் கேட்டுத் தலையாட்டியவள் நான். ஸ்ட்ரீட்டைத் தேடப் போய் இரண்டு பேரும் சொந்தச் சொல்லைக் கோட்டைவிட்டோம். அங்கேயே ஒரு தென்னையின் அடிமூட்டில் உட்கார்ந்துவிட்டேன்.

இன்று ஜெபாவிடம் சொன்னேன். அவள் முகம் வாடிவிட்டது. "பெரியம்மை, அது அம்மைக்க ரோடு. ஒண்ணே ஒண்ணுதானே, கெடந்துட்டுப் போவட்டும். யாருக்குத் தெரியப் போவுது?"

"எனக்குத் தெரியுமே பிள்ளே."

"அப்பம் அத எடுத்துப்போட்டு, நாப்பத்திநாலை அந்த எடத்துல போடுங்க. அம்மை தப்புப் பண்ணினது வெளிய தெரியாண்டாம்."

அதுவும் முடியாது என்றேன். ஒருமுறை கொடுத்த எண்ணை வேறு வழிக்கு மாற்றினால், நம் எண்ணை நம்பி எழுதி வைத்தவர்கள் எல்லாம் தவறான வழியில் போய் நிற்பார்கள். ரோமர் வழிகளைப் பட்டியல் போடுகிறவர்களும் பொய்யாகிப்போன வழியின் எண்ணை இன்னொன்றுக்குத் தூக்கிக் கொடுப்பதில்லை என்று எனக்குச் சொன்னவள் அவள் அம்மைதான். கோபத்தில் கொஞ்சம் உரக்கவே சொல்லிவிட்டேன். ஜெபா ஜன்னல் பக்கம் திரும்பி நின்றுகொண்டாள்.

நான் பேனாவை எடுத்து எழுதினேன்: '43. இப்படி ஒரு வழி இல்லை. சாலை என்ற சொல்லை நாங்கள் இருவரும் பிழையாகப் படித்தோம். முழுக்கோடு போட்டது என் கை மட்டும்.' உன்மேல் பழி விழ விடமாட்டேன். செத்துக்கொண்டிருந்தவள் கேட்டாள், நல்ல உயிரோடு இருந்தவள் போட்டாள். தப்பு என்னுடையது.

எழுதி முடித்த பிறகும் ஏதோ உறுத்தியது. மீரானுக்குப் போன் போட்டு, அந்தச் சாலையில் யாருக்குச் சோறு போட்டார்கள் என்று கேட்டேன்.

"வழிநடை வந்தவங்களுக்குத்தான். ஊர்க்காரனுக்கு வீட்டுல சோறு இருக்குல்லா?"

போனை வைத்துவிட்டு நான் எழுந்து நின்றுவிட்டேன். வழிநடை வந்தவர்கள் என்றால், அவர்கள் ஏதோ ஒரு வழியில்தானே வந்திருக்க வேண்டும்? அது நீ நினைத்த நேர்கோடாக இருக்காது. எங்கேயோ வளைந்து, பசித்தவர்களை அந்த வாசலில் கொண்டுவந்து விட்டிருக்கும். நான்கின் கிளைகள் நாற்பத்தாறு வரை போயிருக்கின்றன. அப்படி ஒன்று கிடைத்தால் அடுத்த பதிப்பில் அதற்கு நாற்பத்தேழு.

நான் சொல்வதை ஜெபா கேட்டுக்கொண்டே இருந்தாள். படத்தைச் சுருட்டியபடி, "எப்பம் போறோம் பெரியம்மை?" என்றாள்.

வருகிற ஞாயிறு, உங்கள் ஆராதனை முடிந்ததும். மீரான் வீட்டு வாசலிலிருந்து வெளிப்பக்கமாக நடக்கப் போகிறோம். முழங்கால் வலி இருக்கிறது, இருக்கட்டும். வழியைக் கண்டால் முழுக்கோடு. காணாவிட்டால், ஏட்டி, நீயே எழுந்து வந்து என் கையைப் பிடித்துக் கெஞ்சினாலும் இந்தத் தடவை போட மாட்டேன்.