மாயாண்டி கண்ட யாளி

பங்குனி 4

வெயில் மண்டையைப் பிளக்கிறது. தல்லாகுளத்திலிருந்து குதிரை ஜட்கா, பிறகு மாட்டுவண்டி, கடைசியில் நடை. செருப்பு வார் அறுந்தது. சமணமலைக்கு அப்பால் ஓர் ஊர். யாளி வந்து ஆடுகளைத் தூக்கிப் போகிறதாம். அதிசய விலங்குகளை ஆராய்கிறவன் என்று ஊரார் ஆள் விட்டுக் கூப்பிட்டார்கள். பேசாமல் வீட்டில் கிடந்திருக்கலாம்.

விசாரணை. துதிக்கை, சிங்கப்பல், பிதுங்கிய முழி. எல்லார் வாயிலும் ஒரே அடையாளம்.

"மீனாச்சி கோயில் தூண்ல நிக்கிதுல்லண்ணே, அதேதான்!"

தூணைப் பார்த்துவிட்டு வந்து என்னிடம் ஒப்பிக்கிறார்கள். போன மாதம் ஒத்தக்கடையில் கடற்கன்னி. செத்த குரங்குக்கு மீன் வாலைத் தைத்து வைத்திருந்தான் ஒருவன். தூ! இத்தனை வருஷ அலைச்சலில் ஓர் அதிசய விலங்கையும் கண்டதில்லை. புளுகர்களைத்தான் கண்டேன்.

பங்குனி 5

யாளித் தடம் என்று காட்டினார்கள். எருமைக் குளம்பு.

மத்தியானம் ஊர்த் தலைவர் அம்பலகாரரின் புளியந்தோப்புப் பக்கம் அழுகல் நாற்றம். பாழுங்கிணற்றை எட்டிப் பார்த்தேன். ஆட்டுத் தலைகள், புழு நெளிய. கழுத்தில் அரிவாள் வெட்டு. அங்கேயே வாந்தி.

ஊர் ஆடுகளை மேய்ப்பவன் மாயாண்டி. யாளிக் கதையைக் கிளப்பியவன் அவன்தான். தனியாக மடக்கிக் கேட்டேன். காலைப் பிடித்துக்கொண்டான்.

"அம்பலார் ஆளுகதான் சாமி பிடிச்சுட்டுப் போறாக. சொன்னா குடிசையக் கொளுத்திருவாக. அதான் யாளின்னுட்டேன்."

அம்பலகாரர் உத்தரவாம்: நாளை கருப்பன் கோயிலில் அவன் சூடம் அணைத்து, யாளியைக் கண்டதாகச் சத்தியம் செய்ய வேண்டும். செய்யாவிட்டால் அவன்தான் ஆட்டுத் திருடன். குடும்பத்தோடு ஊரைவிட்டு விலக்கு.

"செஞ்சு தொலையேன்யா."

"பொய்ச்சத்தியமா? எம்புள்ளைக கண்ண அவிச்சுருவான் சாமி கருப்பன்."

மடப்பயல். ஊரே கூசாமல் புளுகுகிறது, இவனுக்கு மட்டும் பயம். கிணற்றைப் பற்றிச் சொல்லிவிடலாம். நான் வண்டி ஏறிய கையோடு இவன் குடிசை எரியும்.

பங்குனி 6

சோப்புப் போட்டுக் குளித்தும் கிணற்று நாற்றம் போகவில்லை.

கோயிலில் ஊர் மொத்தமும். நடுவில் அம்பலகாரர், வெற்றிலைக் குதப்பல். "ஏலே, அணைடா." மாயாண்டி கை நீளவில்லை. அவன் பெண்டாட்டி பேச்சி தலையில் அடித்துக்கொண்டு அழுகை. பக்கத்தில் மூன்று பிள்ளைகள், மூக்கொழுக.

போய்ச் சூடத்தை உள்ளங்கையால் அடித்து அணைத்தேன். "யாளிய நான் பாத்தேன். என் கண்ணால பாத்தேன்."

எனக்குப் பிள்ளை கிடையாது. கருப்பன்மேல் நம்பிக்கையும் கிடையாது. கையில் கொப்புளம்தான்.

பெண்கள் குலவை. அம்பலகாரர் தோளில் தட்டினார். "படிச்சவுக சொன்னா சரியாத்தாண்ணே இருக்கும்." பல் இடுக்கெல்லாம் சிவப்பு எச்சில். ஓங்கி அறையலாம் போல வந்தது. கும்பிடு போட்டுவிட்டு வந்தேன். சீ, என்ன பிழைப்பு.

பங்குனி 9

தல்லாகுளம். கொப்புளம் உடைந்து சீழ். பேனா பிடிக்க முடியவில்லை.

அம்பலகாரரின் ஆள் வந்தான். கையில் தூக்குச்சட்டி, சூடாக ஆட்டுக்கறி.

"அம்பலார் குடுத்துவிட்டாகண்ணே. நேத்து யாளி இன்னும் ரெண்டத் தூக்கிருச்சு."