தேனு அழுத மேடை

நவம்பர் 5, புதன்

விடிந்ததிலிருந்து தூறல். நூறு நாள் வேலை இன்றைக்கு இல்லை என்று சொல்லிவிட்டார்கள். ஓட்டில் ஒரு இடம் ஒழுகுகிறது, கீழே அண்டா வைத்தாயிற்று.

பேத்தி தேன்மொழி போன் செய்தாள். ஞாயிற்றுக்கிழமை காஞ்சிபுரத்தில் நாடகம், மத்தியானம் மூணு மணி, கல்யாண மண்டபத்தில். நான் கட்டாயம் வரவேண்டுமாம். இத்தனை வருஷத்தில் அவள் மேடையில் நின்று நான் பார்த்ததே இல்லை. எல்லாம் சென்னை, கோயமுத்தூர், ஒரு தடவை டில்லி. போனில் படம் வரும், பார்ப்பேன்.

"முடிஞ்சதும் வூட்டுக்கு வருவியா கண்ணு?" என்றேன்.

லைன் போய்விட்டது என்று நினைத்தேன்.

"வரேன் ஆயா. ஒரு நாள் தங்கிட்டுப் போறேன்."

நாலரை வருஷம் ஆகிறது அவள் இந்த வாசலை மிதித்து. போனில் பேசுவாள், தீபாவளிக்குப் புடவை அனுப்புவாள். வரமாட்டாள். ஏன் என்று நானும் கேட்டதில்லை. கேட்டால் சொல்லிவிடுவாளோ என்று பயம்.

நவம்பர் 6, வியாழன்

மழை விட்டது. துணி காயவில்லை. புழுங்கல் வாடை.

நேற்று எழுதியதையே நினைத்துக்கொண்டு இருந்தேன். எழுதியே வைக்கிறேன், யார் பார்க்கப்போகிறார்கள்.

கனகா என் ஒரே மகள். தேனு அவள் ஒரே மகள். அப்பன்காரன் எப்போதோ போனவன். தேனு காலேஜ் சேர்ந்ததும் கனகா சென்னைக்குப் போய் நாலு வீட்டு வேலை செய்து அவளைப் படிக்க வைத்தாள். கொரோனா சமயத்தில் ஆஸ்பத்திரியிலேயே போய்ச்சேர்ந்தாள். தேனு மட்டும்தான் கூட. "ஆயா வா, ஆயா வா" என்று போனில் கத்தினாள். உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டுக்குப் போனேன், ஒரு வண்டி கிடையாது. நடந்தேன். தாண்டிப்போக விடாமல் போலீஸ் மறித்தது. திரும்பி வந்துவிட்டேன்.

இன்னொரு வழியில் நடந்திருக்கலாம். வயல் வழி எனக்குத் தெரியும். ஏன் போகவில்லை?

உடம்பைப் பையில் கட்டி எடுத்துப்போனார்களாம். தேனு தூரத்தில் நின்றாளாம். ஊருக்கு உடம்பு வரவில்லை, அதனால் இங்கேயும் யாரும் ஒப்பாரி வைக்கவில்லை. படம் மட்டும் மாட்டினேன்.

நவம்பர் 7, வெள்ளி

வெயில். பாயை உதறிப் போட்டேன்.

வாங்க வேண்டியது:
புதுத் தலையணை
நாட்டுக்கோழி (சம்பூர்ணத்திடம் சொல்லியாயிற்று)
முருங்கைக்கீரை, கேட்டால் யாராவது கொடுப்பார்கள்
சோப்பு, வாசனை சோப்பாக
கொசுவத்தி
காபித்தூள். அவள் டீ குடிப்பதில்லையாம் இப்போது

பக்கத்து வீட்டுச் சம்பூர்ணமும் நாடகம் பார்க்க வருகிறாள். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கிறவளா?

"யக்கா, ஓம் பேத்தி எந்த சீரியல்ல வருது?"

"சீரியல் இல்லடி. மேடை நாடகம். நடிக்கும், பாடும்."

"அப்ப டிவில வராதா?"

"பேப்பர்ல வந்துகீது, ரெண்டு தடவ. பெரிய பரிசு வாங்கிகீது."

"பேப்பர்லயே வந்துகீதுன்ற. அப்ப இன்னாத்துக்கு இன்னும் பஸ்ஸுல போவுது?"

இவளுக்கு என்ன சொல்லி விளக்குவது.

நவம்பர் 8, சனி

பொட்டி திறந்து பேப்பர் துண்டுகளை எடுத்துப் பார்த்தேன். தேனு வாங்கினது, எனக்கு நினைவு இருக்கிறவரை:

எட்டாவதில் பாட்டுப் போட்டி. டிபன் பாக்ஸ். இன்னும் அதில்தான் பருப்பு வைத்திருக்கிறேன்.

பன்னிரண்டாவதில் காஞ்சியில் நாட்டுப்புறப் பாட்டு, முதல் பரிசு. பேப்பரில் வந்த அன்றைக்கு நானும் கனகாவும் நாற்று நட்டுக்கொண்டு இருந்தோம். சேற்றோடு கரையில் நின்று பேப்பரைப் பார்த்தோம். கனகா கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே இருந்தாள், பேப்பரைத் தொடவில்லை.

காலேஜில் முதல் நாடகம். அதில் பரிசு இல்லை. சுவராக நின்றாளாம். "சுவருக்கு எதுக்குடி ஆளு?" என்று கனகா சிரித்தாள்.

அப்புறம் நாடகக் குழுவில் சேர்ந்தாள். மூணு வருஷம் பின்பாட்டு மட்டும்.

சிறந்த நடிகை. சென்னையில் பெரிய மேடை, ஷீல்டு. கனகா போன மறு வருஷம். பேப்பரில் படம். படத்தில் சிரிக்கவில்லை.

போன வருஷம் பாட்டுக்கு விருது.

இப்போது ஆடுகிற நாடகத்தில் ஒப்பாரி வருகிறது. அதற்காக கோடையில் போன் செய்து, "ஒரு பாட்டு பாடிக் காட்டு ஆயா" என்றாள். சாவு இல்லாத வீட்டில் ஒப்பாரி எடுக்கக் கூடாது. போனை எடுத்துக்கொண்டு ஏரிக்கரைக்குப் போய்ப் பாடினேன். அதைத்தான் பாடுகிறாளாம், வார்த்தை மாறாமல்.

நாளைக்குக் கட்ட அவள் அனுப்பின பச்சைப் புடவை.

நவம்பர் 10, திங்கள்

நேற்று எழுதவில்லை. இன்றைக்கும் எழுதப் பிடிக்கவில்லை. எழுதிவிடுகிறேன்.

கோழியைக் காலையிலேயே குழம்பு வைத்துவிட்டுக் கிளம்பினோம். மண்டபம் என்றதும் சாப்பாடு போடுவார்கள் என்று சம்பூர்ணம் வெறும் வயிற்றோடு வந்தாள். அங்கே ஒரு டீ கூட இல்லை. "இன்னாக்கா, மண்டபம்ன்ற, எலை போடலியே" என்று நாடகம் ஆரம்பிக்கிறவரை புலம்பல்.

விளக்கை அணைத்தார்கள். தேனு வந்தாள். முதலில் எனக்கு அடையாளம் தெரியவில்லை. நடை வேறு, குரல் வேறு. செங்கல் சூளையில் வேலை செய்கிற பொம்பளையாக நடித்தாள். அவள் கல் தூக்கினபோது என் கழுத்து வலித்தது. கல்லே இல்லை, வெறும் கை. நானூறு பேர் இருப்பார்கள், ஒரு இருமல் இல்லை. பக்கத்து நாற்காலி அம்மாவிடம் "எம் பேத்தி" என்றேன். அந்த அம்மா என் கையைப் பிடித்துப் பார்த்துவிட்டு விட்டாள்.

கடைசியில் அந்தப் பொம்பளையின் தாய் சாகிறாள். தேனு நடு மேடையில் தனியாக உட்கார்ந்தாள். தலையை விரித்தாள். எடுத்தாள்:

ஏரி நெறஞ்சிருக்கு என்னப் பெத்த அம்மா
எறங்கிவர ஆளில்லையே
வாசல் தெளிச்சிருக்கு என்னப் பெத்த அம்மா
வந்து நிக்கக் காலில்லையே

யாரும் வரவில்லை. இவ்வளவு பேர் உட்கார்ந்திருக்கிறார்கள், ஒரு பொம்பளை எழுந்திருக்கவில்லை. கூட நடிக்கிறவர்கள்கூட ஓரத்தில் நின்று பார்க்கிறார்கள்.

எங்கள் பக்கம் அப்படிக் கிடையாது. ஒருத்தி ஒப்பாரி வைத்தால் தனியாக விடக்கூடாது. காதில் விழுந்தவள் போய் உட்கார்ந்து, கழுத்தில் கை போட்டு, எதிர்ப்பாட்டு எடுக்கவேண்டும். பேச்சுவார்த்தை இல்லாத வீடாக இருந்தாலும் போகவேண்டும். தனியாக அழுதால் அழுகிறவள் நெஞ்சு தாங்காது.

நாடகம் என்று எனக்குத் தெரியும். தெரியாமல் இல்லை. ஆனால் கால் போய்விட்டது. ஓரத்தில் படிக்கட்டு இருந்தது. ஏறிப்போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்து கழுத்தில் கை போட்டேன். வாயில் தானாக வந்தது:

பஸ்ஸு நின்னுபோச்சே நான் பெத்த மகளே
பாத மறிச்சாங்களே
பாதி வழி வந்தேனே நான் பெத்த மகளே
பாவி திரும்பினேனே

என் கைக்குள் தேனு கட்டை மாதிரி இருந்தாள். அவள் கை என்மேல் விழவில்லை. பாட்டும் நின்றுவிட்டது. விளக்கை அணைத்தார்கள். ஜனம் எல்லாம் எழுந்து நின்று கை தட்டியது.

பின்பக்கம் டைரக்டர் தம்பி ஓடி வந்தார். "பாட்டி, யாரு உங்கள மேல ஏத்தினது?"

"படிக்கட்டு இருந்திச்சு தம்பி. ஏறினேன்."

தேனு முகத்தில் பூசினதைத் துடைத்துக்கொண்டு இருந்தாள். கண்ணாடியைப் பார்த்துத்தான் கேட்டாள், என்னைப் பார்க்கவில்லை.

"ஏன் ஆயா வந்த?"

குழுவின் வண்டியில் ஏறிவிட்டாள். "இன்னொரு நாள் வரேன்" என்றாள்.

பஸ்ஸில் சம்பூர்ணம் கூட வாய் திறக்கவில்லை.

நவம்பர் 11, செவ்வாய்

குழம்பை ஞாயிறு ராத்திரியே சம்பூர்ணம் வீட்டுக்குக் கொடுத்துவிட்டேன். புதுத் தலையணையைப் பரண்மேல் போட்டாயிற்று.

களைவெட்டு. இடுப்பு வலி. சாப்பிடவில்லை.

நவம்பர் 13, வியாழன்

போன் இல்லை. நானும் செய்யவில்லை. இரண்டு தடவை எடுத்தேன், வைத்தேன்.

வேலையில் எல்லாரும் கேட்கிறார்கள், பேத்தி நாடகம் எப்படி என்று. நல்லா இருந்தது என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன். பொய் இல்லை, நல்லாத்தான் இருந்தது, நான் ஏறுகிறவரை.

சம்பூர்ணம் சொல்கிறாள்: "நீ ஏறினதுக்குத்தான் யக்கா அம்மாம் பெரிய கைதட்டு." இதுதான் இவள் சொல்கிற ஆறுதல்.

தேனு அவளாகவே வீட்டுக்கு வருவதாக இருந்தாள். நான்தான் கெடுத்தேன்.

நவம்பர் 15, சனி

மழை. போன் வந்தது. மத்தியானம் இரண்டு மணி.

"ஆயா, சாப்ட்டியா?"

"ஆச்சி. நீ?"

"ம்."

நான்தான் பேச்சை எடுத்தேன். "தப்புதான் கண்ணு. ஓன் ஆட்டத்தக் கெடுத்துட்டேன்."

"அந்தப் பொம்பளைக்கு யாருமே வரமாட்டாங்க ஆயா. அதுதான் கதை. முப்பது ஆட்டம் ஆடிட்டேன், ஒருத்தரும் வந்ததில்ல."

"யாரு எழுதினது அப்டி? மனசாட்சி இல்லாதவன்."

"நான்தான் எழுதினேன்."

எனக்கு அப்போதுதான் தெரிந்தது. செங்கல் சூளையும் இல்லை, ஒன்றும் இல்லை. ஆஸ்பத்திரி வாசலில் இவள் தனியாக நின்றதைத்தான் எழுதிவைத்து ஊர் ஊராக ஆடிக்கொண்டு இருக்கிறாள்.

"போலீசு மறிச்சாங்க கண்ணு" என்றேன்.

"தெரியும். பாட்டுலயே சொல்லிட்டியே."

"வயல் வழியா வந்திருக்கலாம். வரல. பயந்துட்டேன். அதுக்குத்தான் நீ வூட்டுக்கு வர்றதில்ல."

"ஆமா" என்றாள்.

சொல்லிவிட்டாள். நாலரை வருஷமாக நான் பயந்தது இந்த ஒரு வார்த்தைக்குத்தான். வந்தபிறகு உட்கார்ந்த இடத்தில் அப்படியே இருந்தேன். அண்டாவில் தண்ணீர் சொட்டுகிற சத்தம்.

"நீ கழுத்துல கை போட்டப்ப எனக்கு நெஜமாவே அழுகை வந்துடுச்சு ஆயா. மேடையில வரக்கூடாது. வந்தா தொண்டை அடைச்சிக்கும், பாட முடியாது. நேத்து திருச்சியில ஆட்டம். அந்த எடம் வந்திச்சு. ரெண்டு வரி பாடினேன், நின்னுபோச்சு. படிக்கட்டையே பாத்துக்கினு ஒக்காந்திருந்தேன். வெளக்க அணைச்சிட்டாங்க."

"நான் இன்னா பண்ணட்டும் கண்ணு?"

"தெரியல." வைத்துவிட்டாள்.

நவம்பர் 16, ஞாயிறு

ஒன்றும் இல்லை. மழை.

நவம்பர் 18, செவ்வாய்

வெயில் வந்தது. வேலைக்குப் போகவில்லை, முழங்கால் வீக்கம்.

பதினொரு மணி பஸ்ஸில் தேனு வந்து இறங்கினாள். சொல்லவே இல்லை. நான் வாசலில் முறம் வைத்துக்கொண்டு அரிசி புடைத்துக்கொண்டு இருந்தேன். செருப்பைக் கழற்றினாள். உள்ளே போனாள். கனகா படத்தின் எதிரில் நின்றாள். இந்தப் படத்தை அவள் இப்போதுதான் பார்க்கிறாள்.

ரொம்ப நேரம் நின்றாள். நான் முறத்தைக் கீழே வைக்கவில்லை.

வெளியே வந்து என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். "எம்மா" என்றாள். பாட்டு இல்லை, ராகம் இல்லை, மேடையில் கேட்ட குரலே இல்லை. கரகரவென்று, சின்னப் பிள்ளைக் குரல். முறத்தைப் போட்டுவிட்டுக் கழுத்தில் கை போட்டேன். இந்தத் தடவை அவள் கையும் வந்து விழுந்தது. பாரமாக விழுந்தது.

நான் எடுத்தேன். கனகா பெயர் சொல்லி எடுத்தேன். நாற்று நட்டதைச் சொன்னேன், பேப்பரைத் தொடாமல் கை துடைத்ததைச் சொன்னேன். அவள் பதிலுக்குப் பையில் கட்டினதைச் சொன்னாள், ஆஸ்பத்திரி கேட்டைச் சொன்னாள், ஆயா வரலியே என்று என்னையே சொன்னாள். சொல்லட்டும். நானும் சேர்ந்து அதையே சொன்னேன்.

சம்பூர்ணம் ஈரக்கையோடு ஓடி வந்தாள். "யாருக்கு இன்னா ஆச்சி?" தேனுவைப் பார்த்தாள். "கனகாவுக்கா" என்று அவளே சொல்லிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். எதிர் வீட்டுக்காரி வந்தாள், என்னோடு ஒரு வருஷமாகப் பேசாதவள். அப்புறம் இரண்டு பேர். தெருவில் கருவாடு விற்றுக்கொண்டு வந்த பொம்பளை கூடையை இறக்கி வைத்துவிட்டு வட்டத்தில் உட்கார்ந்து அவளும் எடுத்தாள். யார் செத்தது என்றுகூடக் கேட்கவில்லை. எழுந்தபோதுதான் கேட்டாள். நாலரை வருஷம் ஆயிற்று என்றதும், "ஆவட்டுமே, இன்னிக்குத்தான அயுவுறீங்க" என்று கூடையைத் தூக்கிக்கொண்டு போனாள்.

கஞ்சி குடித்தாள். தொண்டை சுத்தமாகக் கட்டிவிட்டது, பேசினால் காற்றுத்தான் வருகிறது. வெள்ளிக்கிழமை ஆட்டமாம். "பாட வருமா கண்ணு?" என்றேன். உதட்டைப் பிதுக்கினாள்.

இப்போது மணி மூணு. தூங்குகிறாள். என் இடது கை அவள் தலைக்கு அடியில். மரத்துவிட்டது. எடுக்கவில்லை.