ரைட் சொன்னால்தான் இறங்கும்

இன்று காலை நம் நாய் ஜிம்மி ஒன்றுக்குப் போகிற பேட் விரிப்புகளின் புதுப் பாக்கெட்டைப் பிரித்தேன். பவுடர் வாசனை கூடமெங்கும் பரவியது. முதல் பாக்கெட்டைப் பிரித்த அன்று நீங்கள் மூக்கை உறிஞ்சிவிட்டு, "என்னா டீச்சர், கொழந்த பொறந்த வூடாட்டம் மணக்குது?" என்றீர்கள். கல்யாணமான நாளிலிருந்து எனக்கு உங்கள் வாயில் அதுதான் பெயர். ஓய்வு பெற்ற பிறகும் அந்தப் பதவி மட்டும் பறிபோகவில்லை.

பாலக்கோடு தக்காளி மண்டியில் யாரோ கொடுத்தார்கள் என்று, பையில் ஜிம்மிக் குட்டியோடு வந்து நின்றீர்கள். நமக்கோ மாடி வீடு. உங்களுக்கோ ஆபரேஷன் ஆன முட்டி.

"இத யாருங்க நேரத்துக்கு நேரம் கீழ கூட்டிட்டுப் போறது?"

"அதுக்குத்தான் பேட் விக்கிறாங்களே. வூட்டுக்குள்ளயே பழக்கிடலாம்."

நான் கெடு வைத்தேன். மாதக் கடைசிக்குள் பழகாவிட்டால் குட்டி மண்டிக்கே திரும்ப வேண்டும். நீங்கள் குட்டியை மடியில் இறுக்கிக்கொண்டீர்கள்.

பால் குடித்ததும், தூங்கி எழுந்ததும் அதற்கு வந்துவிடும் என்பதை நான் கவனித்து வைத்தேன். ஒன்றாம் வகுப்புக்கு இடைவேளை விடுவதுபோல, அந்தந்த நேரத்தில் தூக்கிப்போய் பேட்டின் மேல் விட்டேன். நீங்கள் சித்தேரி மலை பஸ்ஸில் கண்டக்டராக இருந்தவர். அது காரியத்தை முடித்ததும் "ரைட், போலாம்!" என்று இழுத்துக் குரல் கொடுத்து, கையில் இருக்கும் பொரியை நீட்டுவீர்கள்.

ஒருநாள் அது பாதியில் இருக்கும்போதே ரைட் சொல்லிவிட்டீர்கள். பொரிக்காக ஓடிவந்த குட்டி, உங்கள் நாற்காலி வரைக்கும் தரையில் ஈரக்கோடு இழுத்துவிட்டது.

"ஆயா ஒரு கால படியில வெச்சிருக்கறப்பவே விசில் அடிச்ச ஆளுதானே நீங்க!" என்றேன்.

உங்களுக்கு வந்ததே ரோஷம்! "நானா? ஆயா எறங்கி, அதோட புளி மூட்டையும் எறங்கினாத்தான் ரைட்டு குடுப்பேன். மலையில போயி கேட்டுப் பாரு டீச்சர்!"

ஆனால் மறுநாளிலிருந்து நிதானமாகக் காத்திருந்துதான் ரைட் சொன்னீர்கள். கெடு முடிந்த அன்று தரை காய்ந்து கிடந்தது. "பாஸா, பெயிலா?" என்று கேட்டீர்கள். பாஸ் என்றேன். பொரிக் கிண்ணத்தை இருவரும் சேர்ந்தே காலி செய்தீர்கள்.

நீங்கள் இல்லாமல் போன பிறகு ஜிம்மி ஒழுங்காகப் பேட்டுக்குத்தான் போனது. முடித்த பிறகு இறங்க மறுத்தது. அதன் மேலேயே நின்று உங்கள் நாற்காலியைப் பார்த்துக்கொண்டிருந்தது. ஓசூரிலிருந்து வந்திருந்த நம் மகள் பொரியைக் காட்டினாள். தூக்கிக் கீழே விட்டாள். அது திரும்ப ஏறி நின்றது.

"பாவம்மா, ஏங்கிப் போயிடும். மண்டியிலயே கேட்டு வுட்டுடலாமா?"

நானும் "வா", "போதும்" என்று வகுப்புக் குரலில் சொல்லிப் பார்த்தேன். அசையவில்லை. அப்போதுதான் அது எதற்காக நிற்கிறது என்று புரிந்தது. இத்தனை வருடங்களில் நான் ஒருமுறைகூடச் சொல்லாததைத் தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னேன்: "ரைட், போலாம்!"

துள்ளி இறங்கி என் மடிக்கே வந்துவிட்டது. மகள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். "அப்பா மாதிரியே இழுக்கிறியேம்மா!" என்றாள். மண்டிப் பேச்சை அதற்குப் பிறகு அவள் எடுக்கவில்லை.

இதோ, இப்போதும் ஏறி நின்று என்னைத்தான் பார்க்கிறது. கொஞ்சம் பொறுங்கள். மூட்டையும் இறங்கட்டும், சொல்கிறேன்.